வளவு வீடும் பங்காளிகளும்: ஆச்சி பதில்கள்

இந்த மாசம் வந்த கடுதாசில பாதிக்கு மேல செட்டிநாட்டுல நம்ம நகரத்தார் (நாட்டுக்கோட்டைச் செட்டியார்) கட்டின பழைய வீடுகளைப் பத்தித்தான் கேட்டிருக்கீங்க, அதனால மத்த கேள்வியெல்லாம் அடுத்த மாசத்துக்குத் தள்ளிட்டேன், யாரும் கோவிச்சுக்காதீங்க.

கேள்வி: ஆச்சி, எங்க பாட்டையா கட்டின வீடு கண்டனூர் பக்கத்துல இருக்கு, நாங்க ஈப்போவுல இருக்கோம். இப்ப பங்காளிங்க 27 புள்ளி (கல்யாணமான தனிக் குடும்பம்). போன மழைல ரெண்டாங்கட்டுல (முன்கட்டுக்குப் பின்னால இருக்கிற பகுதி) ஓடு சரிஞ்சிடுச்சு. தூணையும் வாசல் நிலையையும் கழட்டி வித்து ஆளுக்குக் கொஞ்சம் பிரிச்சுக்கலாம்னு நாலு பேர் சொல்றாங்க. என்ன செய்யலாம்? (மலேசியா வாசகர்)

பதில்: தம்பி, மொதல்ல ஓட்டை மாத்துங்க, பங்கு அப்புறம் பேசலாம். நம்ம வீட்டுக்கு எமன் கறையானும் இல்ல, பங்காளியும் இல்ல, தண்ணிதான். நாட்டு ஓட்டை நாலு அடுக்கு வரைக்கும் அடுக்கி வச்சிருப்பாங்க, அதுல ஒரு இடம் சரிஞ்சா தண்ணி ஓட்டைத் தாங்குற கைமரத்துல இறங்கும், அங்கேருந்து சுவத்துக்கு வரும், சுண்ணாம்புச் சுவரு ரெண்டு மழைக்கு ஊறிச்சுன்னா கைல தொட்டாலே உதிரும். இப்போதைக்கு ஒரு தார்ப்பாய் கட்டச் சொல்லுங்க, முற்றத்துத் தூம்புல சருகு அடைக்காம பாத்துக்க ஊர்ல ஒரு ஆள் போடுங்க. இது 27 பேரும் கூடிப் பேசுற விஷயமே இல்ல, யாராவது ஒருத்தர் பணம் போட்டு செஞ்சிட்டு கணக்கு எழுதி வச்சா போதும்.

இப்ப பங்குக்கு வரேன். நம்ம வீட்டை ஒருத்தர் சொத்துன்னு சொல்லவே முடியாது. வளவை, அதாவது நடு முற்றத்துப் பகுதியைச் சுத்தி இருக்கிற அறையையே நம்ம பக்கம் வீடுன்னுதானே சொல்றோம், ஒவ்வொரு மகனுக்கும் கல்யாணம் ஆனா ஒரு வீடு, தனிப் பூட்டு, தனி அடுப்பு, அவன் தனிப் புள்ளி. பட்டாலை (உயர்ந்த திண்ணை), முற்றம், முகப்பு எல்லாம் எல்லாருக்கும் பொது. எங்க வீட்டுல கிழக்கால ரெண்டாவது வீடு எங்க அப்பச்சிக்கு (அப்பாவுக்கு). பத்தடிக்குப் பத்தடி கூட வராது, ஜன்னல் கிடையாது, ஆனா கதவு அவ்வளவு கனம், சாவி என் முழங்கை நீளம், ரெண்டு கையாலயும் திருகினாத்தான் திறக்கும். உள்ள ஆத்தா (அம்மா) கொண்டாந்த சீர் சாமான் மட்டும், மேல பரண்ல மங்குத் தட்டு (பீங்கான்) வைக்கோல் சுத்தினபடி இருக்கும், மனுசங்க படுக்கிறதெல்லாம் வெளிய பத்தியில, அதாவது முற்றத்து ஓரத் தாழ்வாரத்துலதான். அந்தச் சாவி ஆத்தா இடுப்புல இருக்கிற வரைக்கும் அந்தப் புள்ளி அந்த வீட்டுல உசுரோட இருக்குன்னு அர்த்தம்.

அதனாலதான் சொல்றேன், பொதுவுல நிக்கிற தூணை நாலு பேர் சேர்ந்து விக்கிறதுக்கு உரிமை இல்ல, மீதி 23 பேர்ல ஒருத்தர் கோர்ட்டுக்குப் போனாலும் வீடு அப்படியே பூட்டிக் கிடந்து பாழாயிடும், இப்படிப் போன வீடு நம்ம ஊர்லயே எத்தனையோ இருக்கு. காரைக்குடி முனீஸ்வரன் கோயில் தெருவுல பழைய சாமான் கடைப்பக்கம் போனா பாருங்க. ஒரு நிலை சாத்தி வச்சிருந்தாங்க, மேல கஜலட்சுமி, கீழ்ப் படில எத்தனையோ வருசம் மஞ்சள் பூசினது மரத்துக்குள்ளயே இறங்கி அந்த இடம் மட்டும் நிறம் மாறி இருந்துச்சு. நான் அங்கேயே நின்னு அழுதுட்டேன். கடைக்காரங்களைக் குத்தம் சொல்லல, அவங்க எடுக்கலன்னா வெறகாப் போயிருக்கும், ஆனா வித்தது நம்ம ஆளுங்கதானே.

ஒரு நீள நோட்டுல பாட்டையாலேருந்து ஆரம்பிச்சு வம்சவழியை எழுதுங்க. சுவீகாரம் போனவங்க, வந்தவங்க ரெண்டையும் விடாதீங்க, நம்ம சமூகத்துல பிள்ளை கூட்டிக்கிறது சாதாரணம், கவிஞர் கண்ணதாசனே சிறுகூடல்பட்டில பொறந்து சுவீகாரம் போனவர்தான். பொதுவா அவங்க பங்கு கூட்டிக்கிட்ட வீட்டுலதான் வரும். பொண்ணுங்களுக்குச் சீர் செஞ்சாச்சு, வீட்டுல பங்கில்லன்னு பெரியவங்க சொல்லுவாங்க, சட்டம் அப்படி இல்ல, தமிழ்நாட்டுல 1989லயே திருத்தம் வந்துச்சு, 2005ல நாடு முழுக்க மகளுக்கும் சமபங்குன்னு ஆச்சு, அதனால அக்கா தங்கச்சிங்க கையெழுத்து இல்லாம எந்தப் பத்திரமும் போடாதீங்க. வாரிசுச் சான்று, வில்லங்கச் சான்று எடுத்துட்டு, வேணாம்னு சொல்றவங்க கிட்ட பங்கை விட்டுக் குடுக்கிற விடுதலைப் பத்திரம் எழுதி வாங்குங்க. வெளிநாட்டுல இருக்கிறவங்க அங்க இந்தியத் தூதரகத்துல பவர் எழுதி அனுப்பினா, இங்க வந்த மூணு மாசத்துக்குள்ள முத்திரைக் கட்டணம் கட்டிடணும், இதை மறந்துட்டு அப்புறம் அலையறாங்க.

எல்லாரும் ஒத்து வந்தா வீட்டைக் குத்தகைக்கு விடுறதும் ஒரு வழி. கானாடுகாத்தான்ல விசாலம், கடியாபட்டில சிதம்பர விலாஸ், கொத்தமங்கலத்துல சாரதா விலாஸ் எல்லாம் இன்னிக்கு ஓட்டலா இருக்கு, ஓட்டலானாலும் விளக்கு எரியுது, கூரை ஒழுகல, எனக்கு அதுவே சந்தோசம். ஆனா முன்னோருக்குப் படைப்பு நடக்கிற இடத்தை மட்டும் குத்தகைல சேக்காம எழுதுங்க.

கேள்வி: நான் கல்லூரி மாணவி. இவ்வளவு பெரிய வீடுங்க கட்ட பணம் எங்கேருந்து வந்துச்சு, ஏன் பாதி வீடு பூட்டிக் கிடக்கு? (காரைக்குடி)

பதில்: கொண்டுவிக்க, அதாவது கடல் தாண்டித் தொழில் பண்ணப் போன இடத்துலேருந்து வந்துச்சும்மா. இலங்கை, மலேயா, சைகோன், எல்லாத்துக்கும் மேல பர்மா. கீழ்ப் பர்மாவுல வெள்ளைக்காரன் வந்த பிறகு சதுப்பு நிலமெல்லாம் நெல் வயலாச்சு, அந்த விவசாயிக்குக் கடன் குடுத்தது நம்ம ஆளுங்க வட்டிக்கடை. அந்தக் காசுலதான் பர்மா தேக்கும் இத்தாலிப் பளிங்கும் பெல்ஜியம் கண்ணாடியும் ஜப்பான் பூ ஓடும் கப்பல்ல வந்து மாட்டு வண்டில நம்ம ஊருக்கு ஏறுச்சு. ராஜா சர் அண்ணாமலை செட்டியார் கானாடுகாத்தான் அரண்மனையை 1912ல முடிச்சாரு, அதே ஊர்க்காரர் எம்.சிடி.எம். சிதம்பரம் செட்டியார் 1937ல இந்தியன் ஓவர்சீஸ் பேங்க்கைத் தொடங்கினப்போ காரைக்குடி, சென்னை, ரங்கூன் மூணு இடத்துலயும் ஒரே நாள்ல கிளை திறந்தாரு, எந்தெந்த ஊருக்கு நடுவுல தொடர்பு இருந்துச்சுன்னு இதுலயே தெரியும்.

இன்னொரு பக்கத்தையும் நீ தெரிஞ்சுக்கணும். 1930ல நெல் விலை விழுந்துச்சு, கடன் வாங்கின பர்மாக்காரங்களால கட்ட முடியல, நிலம் நம்ம ஆளுங்க கைக்கு வந்துச்சு. கீழ்ப் பர்மாவோட முக்கியமான 13 நெல் மாவட்டத்துல 1930ல 6 சதவீதம் செட்டியார்கள் கைல இருந்த நிலம் 1938ல 25 சதவீதம் ஆச்சு. நம்மளுக்கு அது வராத கடனுக்கு வந்த வேண்டாத நிலம், அவங்களுக்கு அது பறிபோன வயல், ரெண்டும் உண்மை, வீட்டுத் தூணைத் தடவிப் பாக்கிறப்போ எனக்கு ரெண்டும் ஞாபகம் வரும். 1942ல ஜப்பான்காரன் வந்தப்போ கப்பல் கிடைக்காதவங்க காட்டு வழியா நடந்தே வந்தாங்க, அப்புறம் பர்மா சுதந்திரம் வாங்கினதும் நிலச் சட்டம், 1962ல ராணுவ ஆட்சி, கடையெல்லாம் அரசாங்கம் எடுத்துக்கிச்சு. இங்க வீடு மட்டும் நின்னுச்சு, அதைப் பராமரிக்கிற வருமானம் அங்கேயே போயிடுச்சு. எல்லாமே வீடாப் போயிடலங்கிறதும் எழுதிக்கோ, கோட்டையூர்ல பொறந்த அழகப்பச் செட்டியார் மத்திய மின்வேதியியல் ஆய்வகத்துக்கு 300 ஏக்கர் நிலமும் 15 லட்ச ரூபாயும் குடுத்தாரு, 1948ல நேரு வந்து அடிக்கல் நாட்டினாரு.

கேள்வி: சுவத்துல முட்டை பூசினாங்கன்னு சொல்றது நெசமா? (திருப்பத்தூர்)

பதில்: நெசந்தான், ஆனா முட்டை கடைசிப் பூச்சுக்கு மட்டும், அடில இருக்கிறதெல்லாம் சுண்ணாம்பு, மணல், கடுக்காய்த் தண்ணி, கருப்பட்டி. ஒவ்வொரு பூச்சா காய விட்டு மேல மேல பூசி கல்லால தேய்ச்சுத் தேய்ச்சு வழவழப்பாக்குவாங்க. அது மேல தயவுசெஞ்சு சிமெண்ட் பூசாதீங்க, உள்ள ஈரம் வெளிய வர வழியில்லாம சுவரு உப்பிக்கிட்டு வரும்.

கேள்வி: தரைல பதிச்ச ஆத்தங்குடிக் கல்லை ஆசிட் போட்டுக் கழுவினோம், கலர் மங்கிடுச்சு. (தேவகோட்டை)

பதில்: ஐயோ, ஏம்மா. ஆத்தங்குடில அதை எப்படிப் பண்றாங்கன்னு ஒரு தடவை போய்ப் பாருங்க, கண்ணாடித் துண்டு மேல அச்சை வச்சு கலர் சிமெண்ட்டைக் கரண்டியால ஊத்தி, மேல மணலும் சிமெண்ட்டும் போட்டு அழுத்தி, தண்ணில ஊற வச்சு வெயில்ல காய வைக்கிறாங்க, கண்ணாடி தானா விட்டு வரும், அந்தக் கண்ணாடிப் பளபளப்புதான் கல்லுல நிக்கிறது. ஆசிட் அந்த மேல்தோலைத் தின்னுடும். இனிமே வெறும் தண்ணி, மாசத்துக்கு ஒரு தடவை துணில தேங்காயெண்ணெய் லேசா தொட்டுத் துடைங்க, நடக்க நடக்கத் தெளியும், முழுசா பழையபடி வராது.

கேள்வி: வீட்டைக் காலி பண்றோம். பெட்டகத்துல பழைய பேரேடு, ஓலை, கடுதாசி நிறைய இருக்கு, எரிச்சுடலாமா? (நாச்சியாபுரம்)

பதில்: எரிக்காதீங்க, எரிக்கவே எரிக்காதீங்க! தூண் போனா போட்டோவாவது இருக்கும். அந்தப் பேரேட்டுல மேல விலாசம் (குடும்பத்தோட முன்னெழுத்து) போட்டு, எந்த ஊர்க் கடை, கடையைப் பாத்துக்கிட்ட மேலாள் யாரு, எடுபிடியா இருந்த பெட்டியடிப் பையனுக்கு என்ன சம்பளம்னு எழுதியிருக்கும், அந்தக் குடும்பம் யாருங்கிறதுக்கு வேற அத்தாட்சி கிடையாது. கோட்டையூர்ல ரோஜா முத்தையா தன் வீட்டுலயே புத்தகமும் பத்திரிகையும் நோட்டீசும் அழைப்பிதழுமா லட்சக் கணக்குல சேத்து வச்சாரு, 1992ல அவர் போன பிறகு அமெரிக்கால சிகாகோ பல்கலைக்கழகம் அதை வாங்கி, இங்கேயே இருக்கணும்னு சென்னைல 1994ல நூலகமா வச்சாங்க. ஊரே பழைய காகிதம்னு சொன்னதைத்தான் இன்னிக்கு உலகம் பூரா இருந்து வந்து படிக்கிறாங்க. நீங்க பேரேட்டை வெயில்ல காய வைக்காம நிழல்ல விரிச்சுத் தூசி தட்டி, வெள்ளைப் பருத்தித் துணில கட்டி, மேல வீட்டு விலாசமும் ஊர்ப்பேரும் எழுதிட்டு, அந்த நூலகத்துக்கு ஒரு கடுதாசி போடுங்க. சீர்க் கணக்கு நோட்டு இருந்தா அதை மட்டும் மகளுக்குக் குடுங்க.