சாமிக்குப் போட்ட பூவை ஆமைக்குப் போடலாமா?

கேள்வி: கோவையில் இருக்கிறோம். மூன்று வயது சல்காட்டா ஆமை ஒன்றை மாடியில் வளர்க்கிறோம். எடை ஒன்றரைக் கிலோ. பூ என்றால் அதற்கு உயிர். பூஜைக்கு வாங்கும் பூவில் மறுநாள் எடுப்பதையெல்லாம் அதற்கே போட்டு வந்தோம். போன வாரம் சாமி படத்திலிருந்து விழுந்த அரளிப்பூவைக் கவ்விவிட்டது. மகள் பார்த்து உடனே பிடுங்கிவிட்டாள். அன்றிலிருந்து பயமாக இருக்கிறது. தொட்டியில் செம்பருத்தி, சங்குப்பூ, டேபிள் ரோஸ் உண்டு. எதைத் தரலாம், எதைத் தரக் கூடாது? இன்னொன்று, இப்போதெல்லாம் புல்லைத் திரும்பிக்கூடப் பார்ப்பதில்லை.

பதில்: அரளியில் ஆரம்பிப்போம். ஒரு வாரம் கழிந்தும் நடமாட்டம் வழக்கம்போல இருக்கிறது, பூவுக்காக அடம் பிடிக்கும் அளவுக்குப் பசியும் இருக்கிறது என்றால் அந்தக் கண்டம் தாண்டிவிட்டது. உங்கள் மகளுக்குத்தான் நன்றி சொல்ல வேண்டும். அரளியில் இருக்கும் நஞ்சு நேராக இதயத்துடிப்பில் கை வைப்பது. பூ, இலை, தண்டு, வேர் எல்லாவற்றிலும் அது உண்டு. காய்ந்து சருகானாலும் போகாது. 2024 மே மாதம் கேரளத்தில் திருவிதாங்கூர், மலபார் தேவசம் போர்டுகள் நைவேத்தியத்திலும் பிரசாதத்திலும் அரளிப்பூ வேண்டாம் என்று முடிவெடுத்தது நினைவிருக்கலாம். மனிதர்களுக்கே அந்த எச்சரிக்கை என்றால், ஒன்றரைக் கிலோ ஆமைக்கு எவ்வளவு வேண்டும்? மஞ்சள் பூப் பூக்கும் பொன்னரளியும் அப்படித்தான்.

மறுபடி இப்படி நடந்தால், வாயில் இருப்பதை எடுத்துவிட்டு, எந்தச் செடி என்று ஒரு படம் எடுத்துக்கொண்டு, ஊர்வனவற்றைப் பார்த்துப் பழகிய கால்நடை மருத்துவரிடம் உடனே போங்கள். பால், நெய், உப்புத் தண்ணீர் என்று கைவைத்தியம் எதுவும் வேண்டாம். வாந்தி எடுக்கவைத்து நஞ்சை வெளியே கொண்டுவர ஆமையிடம் முடியாது. அதன் செரிமானம் ரொம்ப மெதுவானது, உண்டது வெளியே வரவே பல நாள் ஆகும். அதனால் ‘இரண்டு மணி நேரம் ஆச்சு, நன்றாகத்தானே இருக்கிறது’ என்று விட்டுவிடக் கூடாது.

சரி, பூஜைப் பூவுக்கு வருவோம். அரளி இல்லாவிட்டாலும் அதைப் போடாதீர்கள் என்றுதான் சொல்வேன். மல்லிகைப்பூ தன்னளவில் விஷமில்லை. ரோஜா இதழ் ஆமைகளுக்கு நல்ல தின்பண்டம். ஆனால் பூக்கடைக்கு வரும் மல்லியும் ரோஜாவும் யாரும் தின்பதற்காக வளர்த்தவை அல்ல. மல்லிகையில் மொக்குப்புழு விழுந்தால் விவசாயிக்கு அந்தப் பருவமே போயிற்று. மருந்து அடிக்காமல் அவரால் முடியாது. அடித்துச் சில நாளிலேயே பறித்தாலும் தலையில் வைப்பவருக்கும் சாமிக்கும் ஒன்றும் ஆகப்போவதில்லை. தின்கிற உயிருக்குக் கணக்கு வேறு. மஞ்சள் தண்ணீரில் அலசினால் போதாதா என்று கேட்பார்கள். மேலே படிந்தது கொஞ்சம் போகும். செடி வேர் வழியாக உறிஞ்சிக்கொள்ளும் வகை மருந்து இதழுக்குள்ளேயே இருக்கும். அதை எந்தத் தண்ணீரும் கழுவாது. தவிர, கதம்பத்திலும் மாலையிலும் எது எதோடு கலந்திருக்கிறது என்று நமக்குத் தெரியாது. நந்தியாவட்டை ஒன்று உள்ளே இருந்தாலும் வம்புதான்.

ஆகவே பூவின் பெயரைக் கேட்பதற்கு முன் அது எங்கே விளைந்தது என்று கேளுங்கள். நர்சரியிலிருந்து புதிதாக வாங்கிய தொட்டிக்கும் இது பொருந்தும். மண்ணை மாற்றி நட்டு, ஏற்கெனவே இருக்கும் மொட்டுகளைக் கிள்ளி எறிந்துவிட்டு, புதுத் துளிர் வரும்வரை காத்திருங்கள். நான் ஆறு மாதம் காத்திருக்கச் சொல்வேன், சிலருக்கு அது அதிகமாகப் படும்.

உங்கள் மாடியில் இருப்பவற்றில் செம்பருத்திதான் ராஜா. பூவும் தரலாம், இளம் இலையும் தரலாம். நாட்டுச் சிவப்பு, அடுக்குச் செம்பருத்தி எதுவானாலும் சரி. சிவப்பையும் மஞ்சளையும் கண்டால் ஆமைகள் தேடி வரும், பார்த்திருப்பீர்கள். செம்பருத்தியில் மாவுப்பூச்சி வராமல் இருக்காது. அதற்குக் குழாய்த் தண்ணீரை வேகமாகப் பீய்ச்சி அடித்தாலே பெரும்பாலும் போய்விடும். வேப்பெண்ணெய்க் கரைசல் தெளித்தால் ஒரு வாரம் அந்தச் செடியில் பறிக்க வேண்டாம். சங்குப்பூவும் நல்லதே, இலையோடு கொஞ்சம் தரலாம். காயும் விதையும் மட்டும் கூடாது, பேதியாகும். டேபிள் ரோஸில் ஆக்சலேட் அதிகம், அது சுண்ணாம்புச் சத்தை உடம்பில் சேரவிடாது. எப்போதாவது ஒன்றிரண்டு என்றால் பரவாயில்லை.

இடம் இருந்தால் ஒரு பூசணிக் கொடி போடுங்கள். அடியில் குட்டிக்காய் இல்லாமல் நீளக் காம்போடு நிற்பவை ஆண்பூக்கள். மகரந்தத்துக்கு நாலைந்தை விட்டுவிட்டு மற்றதைப் பறித்தால் காய்க்கும் குறைவில்லை, ஆமைக்கும் விருந்து. மார்கழியில் கோலத்துக்குப் போக மிச்சம் இருக்கும். சப்பாத்திக்கள்ளியின் பூவும் மடலும் சல்காட்டாவுக்கு அருமையான தீனி, சுண்ணாம்புச் சத்தும் நிறைய. பெரிய முள்ளை விட, கண்ணுக்குத் தெரியாத பூமுள்தான் தொல்லை. நெருப்பில் வாட்டித் தேய்த்துவிட்டுக் கொடுங்கள். ஆனால் கள்ளி என்ற பெயரை நம்பித் திருகுகள்ளியையோ சதுரக்கள்ளியையோ ஒடித்துப் போட்டுவிடாதீர்கள். அவற்றின் பால் வாயையும் கண்ணையும் புண்ணாக்கிவிடும்.

இதிலிருந்தே ஒரு கைக்கணக்கு வைத்துக்கொள்ளலாம்: கிள்ளினால் பால் வடியும் செடி என்றால் நன்றாகத் தெரியாதவரை தராதீர்கள். எருக்கு, நந்தியாவட்டை, அலமண்டா, மாடிக்கு மாடி இப்போது நிற்கும் அடீனியம் எல்லாம் இதில் அடங்கிவிடும். அடங்காதவையும் உண்டு. நித்தியகல்யாணியிலிருந்துதான் வின்கிறிஸ்டின் என்ற புற்றுநோய் மருந்து எடுக்கிறார்கள். மருந்தாகும் வீரியம் ஆமையின் தட்டில் நஞ்சு. ஊமத்தை, உண்ணிச்செடி இரண்டும் ஆகாது. நம் மாநில மலரான செங்காந்தள் இருக்கிறதே, வேலியில் பார்க்க அத்தனை அழகு. அதில் உள்ள கால்ச்சிசின் ஆளையே கொல்லும்.

அப்புறம் புல். உங்கள் கடிதத்தில் என்னைக் கவலைப்படவைத்தது அரளியை விட அந்தக் கடைசி வரிதான். சல்காட்டா சகாரா பாலைவனத்தின் தெற்கு விளிம்பிலுள்ள வறண்ட நிலத்து விலங்கு. காய்ந்த புல்லை மேய்ந்து, அதைக் குடலில் நொதிக்கவைத்துச் சத்தெடுக்கும்படி அமைந்த உடம்பு. பத்தில் எட்டு ஒன்பது பங்கு புல்லாகவே இருக்க வேண்டும். பூ நமக்கு மிக்சர் மாதிரி. தட்டு நிறைய மிக்சர் வைத்துவிட்டுக் குழந்தை சோறு தின்னவில்லை என்றால் குழந்தையையா திட்டுவது?

பத்து நாளுக்குத் தனிப்பூவை நிறுத்துங்கள். அருகம்புல்லைப் பொடியாக நறுக்கி, தண்ணீர் தெளித்து, ஒரே ஒரு செம்பருத்தியை இழை இழையாகக் கிழித்து அதில் பிசறி வையுங்கள். பூவைப் பொறுக்கப் போய்ப் புல்லும் வாயில் போகும். இரண்டு மூன்று நாள் முகத்தைத் திருப்பும், ஒன்றும் ஆகாது; நல்ல உடம்போடு இருக்கும் ஆமை அதைத் தாங்கும். ஆனால் சோர்ந்து கிடந்தாலோ, மூக்கில் சளி வந்தாலோ, எடை குறைந்தாலோ அது அடம் இல்லை, நோய். சமையலறைத் தராசில் வாரம் ஒருமுறை நிறுத்து எழுதி வையுங்கள். அருகம்புல்லைத் தெருவோரத்தில் அறுக்காதீர்கள், நாய்கள் போகும் இடம் அது. இரண்டு அகலத் தொட்டியில் நட்டால் நன்றாகப் படரும்.

புல்லுக்குத் திரும்பிய பிறகு, இந்த எடைக்கு வாரத்தில் இரண்டு மூன்று நாள், நாளுக்கு இரண்டு பூ போதும். ஓட்டுக்குச் சுண்ணாம்புச் சத்து வேண்டுமே என்றால் நாட்டு மருந்துக் கடையில் கடல் நுரை கேளுங்கள். கணவாயின் ஓடுதான் அது. ஒரு துண்டைக் கூண்டில் போட்டுவிட்டால் வேண்டும்போது சுரண்டிக்கொள்ளும். ஓடு மேடுமேடாகக் கூம்பி வளர்வதற்குப் பூவையும் புரதத்தையும் குற்றம் சொல்வோர் உண்டு. 2003-ல் வெளியான ஓர் ஆய்வு சல்காட்டா குட்டிகளை வைத்தே செய்யப்பட்டது; காற்றின் ஈரப்பதம் குறைவதுதான் பெரிய காரணம், புரதத்தின் பங்கு சிறிது என்று அதில் தெரிந்தது. கோவையின் காற்றடிக்கும் மொட்டைமாடியில் இதை மறக்காதீர்கள். ஈர மண் நிரப்பிய ஒரு மறைவிடமும், தாடை அளவு வெதுவெதுப்பான தண்ணீரில் வாரம் இரண்டு மூன்று குளியலும் கொடுங்கள்.

சல்காட்டா, சர்வதேச வணிகக் கட்டுப்பாட்டுப் (CITES) பட்டியலில் உள்ள வெளிநாட்டு இனம் என்பதால் வைத்திருப்பதை மத்திய சுற்றுச்சூழல் அமைச்சகத்தின் பரிவேஷ் இணையதளத்தில் பதிவு செய்திருக்க வேண்டும். 2024 விதிகளில் வந்தது இது. இதைப் படிக்கும் வேறு யார் வீட்டிலாவது நம்மூர் நட்சத்திர ஆமை இருந்தால், அதற்கு என்ன பூ போடலாம் என்று எனக்கு எழுத வேண்டாம். அதை வீட்டில் வைத்திருப்பதே வன உயிரினப் பாதுகாப்புச் சட்டப்படி குற்றம், வனத்துறையிடம் பேசுங்கள்.

மழைக்காலத்துக்கு ஒரு யோசனை. இப்போது செம்பருத்தி நிறையப் பூக்கிறதென்றால் மிச்சத்தை நிழலில், துணிமேல் பரப்பிக் காயவிடுங்கள். கையில் நொறுங்கும் பதம் வந்ததும் கண்ணாடி பாட்டிலில் போட்டு மூடிவிடலாம். பூஞ்சை வாடை வந்தால் மொத்தத்தையும் கொட்டிவிடுங்கள். சாமி மாலையை இனி உயரமாகவே மாட்டுங்கள். பழைய பூவைத் தொட்டியில் உரமாகவும் போட வேண்டாம், அங்கேயும் போய்த் துழாவும்.