20 ஆண்டா, 30 ஆண்டா: ஒரு வீட்டுக்கடனின் முழு விலை

தென்னாப்பிரிக்காவின் டர்பன் நகரைச் சேர்ந்த சாட்ஸ்வர்த்தில் 16,50,000 ராண்டுக்கு ஒரு வீடு பார்த்திருப்பதாகவும், கையிலுள்ள 1,50,000 ராண்ட் போக மீதி 15 இலட்சத்துக்கு வங்கி 10.5 விழுக்காட்டு வட்டியில் கடன் தர ஒப்புக்கொண்டிருப்பதாகவும், 20 ஆண்டுக்குப் பதிலாக 30 ஆண்டு எடுத்தால் மாதத் தவணை குறையும் என்று வங்கி அலுவலர் சொல்வதாகவும் எழுதியிருக்கிறீர்கள். எதை எடுப்பது, அந்த வீடு கடைசியில் என்ன விலையில் வந்து நிற்கும் என்பவை உங்கள் கேள்விகள். சம்பளம் இடம் கொடுக்குமானால் 20 ஆண்டையே எடுங்கள் என்பது என் பதில். டர்பனில் கணக்கராக வேலை பார்க்கும் நான், சாட்ஸ்வர்த், பீனிக்ஸ் குடும்பங்கள் கொண்டுவரும் கடன் தாள்களைப் படித்து விளக்குவது வழக்கம். ஆகவே காரணத்தையும் கணக்கோடு சொல்கிறேன்.

வட்டி விகிதம் மாறாது என்று வைத்துக்கொண்டால், 20 ஆண்டுக் கடனுக்கு மாதத் தவணை சுமார் 14,976 ராண்ட். 240 தவணைகளில் நீங்கள் கட்டும் மொத்தம் ஏறக்குறைய 35,94,000 ராண்ட். 30 ஆண்டுக் கடனுக்குத் தவணை சுமார் 13,721 ராண்ட். 360 தவணைகளில் மொத்தம் ஏறக்குறைய 49,40,000 ராண்ட். மாதம் 1,255 ராண்ட் கைக்கு மிஞ்சுகிறது, ஆனால் அதற்காக 13,45,000 ராண்ட் அதிகம் கட்ட வேண்டியிருக்கிறது. நீங்கள் வாங்கும் வீட்டின் விலையோடு ஒப்பிட்டால் இது ஐந்தில் நான்கு பங்கு.

இவ்வளவு பெரிய வேறுபாடு எங்கிருந்து வருகிறது என்பதை முதல் மாதத் தவணையைப் பிரித்துப் பார்த்தாலே தெரிந்துகொள்ளலாம். 15 இலட்சத்துக்கு ஒரு மாத வட்டி 13,125 ராண்ட். கடன் 20 ஆண்டானாலும் 30 ஆண்டானாலும் முதல் மாத வட்டி இதுதான். 20 ஆண்டுத் தவணையில் இந்த வட்டி போக 1,851 ராண்ட் அசலில் கழிகிறது. 30 ஆண்டுத் தவணையில் கழிவது வெறும் 596 ராண்ட். ஆக, வங்கி உங்களுக்குக் குறைத்துக் கொடுப்பதாகச் சொல்லும் 1,255 ராண்ட் முழுவதும் அசலுக்குப் போக வேண்டிய பங்கிலிருந்து எடுக்கப்பட்டது; வட்டியிலிருந்து ஒரு காசு கூடக் குறையவில்லை. அசல் குறையாத கடனுக்கு அடுத்த மாதமும் அதே வட்டிதான் விழும். எந்தக் கடன் தாளைப் பார்த்தாலும் தவணை எவ்வளவு என்பதைவிட, அதில் அசலுக்குப் போவது எவ்வளவு என்பதையே நான் முதலில் தேடுகிறேன்.

ஐந்து ஆண்டு கழித்து வேலை மாற்றத்தாலோ குடும்பக் காரணத்தாலோ வீட்டை விற்க நேர்ந்தால் இந்த வேறுபாடு இன்னும் கூர்மையாகத் தெரியும். 20 ஆண்டுக் கடனில் அதற்குள் சுமார் 8,98,500 ராண்ட் கட்டியிருப்பீர்கள். அசலில் குறைந்திருப்பது 1,45,000 ராண்ட். 30 ஆண்டுக் கடனில் சுமார் 8,23,000 ராண்ட் கட்டியிருப்பீர்கள். அசலில் குறைந்திருப்பது 47,000 ராண்ட் கூட இல்லை. 20 ஆண்டுக் கடனிலேயே அசல் பாதியாகக் குறைய பதினான்கரை ஆண்டு ஆகும் என்பதைப் பலர் நம்புவதில்லை. கணக்கைத் தாளில் போட்டுக் காட்டிய பிறகும் ஒருமுறை சரிபார்க்கச் சொல்வார்கள்.

மேலே சொன்னவை எல்லாம் வட்டி அசையாமல் நிற்கும் என்ற எண்ணத்தில் போட்ட கணக்குகள். தென்னாப்பிரிக்காவில் அது நிற்பதில்லை. இங்கே பெரும்பாலான வீட்டுக்கடன்கள் பிரைம் எனப்படும் அடிப்படை வட்டியோடு சேர்ந்து ஏறி இறங்குபவை; ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குக் கடன் தரும் வட்டியான ரெப்போ விகிதத்துக்கு மேல் 3.5 விழுக்காடு என்பது பிரைம். 1998-இல் அது 25.5 விழுக்காடு வரை ஏறியது. அந்த ஆண்டில் கடன் கட்டிக்கொண்டிருந்த எந்தப் பெரியவரைக் கேட்டாலும் அந்த எண்ணைத் தயங்காமல் சொல்வார். கொரோனாக் காலத்தில், 2020 ஜூலையில், 7 விழுக்காட்டுக்கு இறங்கியது. 2023 மே மாதத்தில் 11.75 ஆக ஏறியது. 2020-இல் பிரைம் வட்டிக்கே 15 இலட்சத்தை 20 ஆண்டுக்குக் கடன் வாங்கிய ஒரு குடும்பம் தொடக்கத்தில் கட்டிய தவணை சுமார் 11,630 ராண்ட். மூன்று ஆண்டுக்குள் அது 15,700 ராண்ட் அளவுக்குப் போய்விட்டது. இந்த அனுபவத்துக்குப் பிறகு என்னிடம் வருபவர்களுக்கு நான் சொல்வது, வங்கி தரும் தவணையை அல்லாமல், அதைவிட 2 விழுக்காடு கூடுதல் வட்டியில் வரும் தவணையை உங்கள் சம்பளம் தாங்குமா என்று பாருங்கள் என்பதுதான். உங்கள் கடனில் வட்டி 1 விழுக்காடு ஏறினால் தவணை மாதம் சுமார் 1,020 ராண்ட் கூடும்.

வட்டியைக் குறைக்கப் பேரம் பேசலாம் என்பதையும் நம்மவர்கள் பலர் அறிவதில்லை. அரை விழுக்காடு குறைத்து 10 விழுக்காட்டுக்கு வாங்கினால், 20 ஆண்டில் 1,20,000 ராண்ட் மிச்சமாகும். ஒரே வங்கியின் கடிதத்தோடு நிற்காமல் மூன்று நான்கு வங்கிகளுக்கு விண்ணப்பியுங்கள். வீட்டுக்கடன் தரகர்கள் ஒரே விண்ணப்பத்தைப் பல வங்கிகளுக்கு அனுப்புவார்கள். அவர்களுக்குரிய தொகையை வங்கியே கொடுப்பதால் உங்களுக்குச் செலவில்லை. திரைச்சீலை வாங்க மூன்று கடை ஏறி இறங்குகிற நாம், 36 இலட்சம் கட்டப்போகிற கடனுக்கு ஒரு கதவை மட்டும் தட்டுவது எனக்கு உண்மையிலேயே வருத்தம் தருகிறது.

வீடு கைக்கு வருமுன் ஆகும் செலவுகளுக்கு வருகிறேன். 2025 ஏப்ரல் 1 முதல் 12,10,000 ராண்ட் வரையுள்ள விலைக்குச் சொத்து மாற்று வரி இல்லை. அதற்கு மேல் 16,63,800 ராண்ட் வரை 3 விழுக்காடு. உங்கள் வீட்டுக்கு அது 13,200 ராண்ட். வழக்கறிஞர் கட்டணம் இரண்டு: விற்பவர் நியமிக்கும் வழக்கறிஞர் வீட்டை உங்கள் பெயருக்கு மாற்றுவார், வங்கி நியமிக்கும் வழக்கறிஞர் அடமானத்தைப் பதிவு செய்வார், இருவருக்கும் பணம் கொடுப்பவர் நீங்கள்தான். பீட்டர்மாரிட்ஸ்பர்க் பத்திரப் பதிவகத்தின் கட்டணங்களும் அந்தப் பட்டியலில் சேரும். வங்கி வாங்கும் தொடக்கக் கட்டணத்துக்குச் சட்டம் வைத்த உச்சவரம்பு, மதிப்புக் கூட்டு வரியோடு 6,037.50 ராண்ட். இதைக் கடனோடு சேர்த்துவிடலாமா என்று கேட்பார்கள். வேண்டாம், கையிலிருந்து கட்டிவிடுங்கள். கடனோடு சேர்த்தால் 20 ஆண்டில் அது 14,466 ராண்டாகிவிடும். மாதச் சேவைக் கட்டணமான 69 ராண்ட், 240 மாதத்தில் 16,560 ராண்ட்.

காப்பீட்டைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். கட்டடக் காப்பீடு இல்லாமல் வங்கி கடன் தராது. கடன் வாங்கியவர் இறந்தால் பாக்கியை அடைக்கும் ஆயுள் காப்பீட்டையும் பெரும்பாலும் கேட்கும். இரண்டையும் அந்த வங்கியிடமே வாங்க வேண்டும் என்ற கட்டாயம் உங்களுக்கு இல்லை. 2005-ஆம் ஆண்டின் தேசியக் கடன் சட்டம், வங்கி முன்வைக்கும் காப்பீட்டை விலக்கிவிட்டு வேறு நிறுவனத்தின் காப்பீட்டை வைக்கும் உரிமையை உங்களுக்குத் தருகிறது. ஏற்கெனவே ஆயுள் காப்பீடு இருந்தால் அதை வங்கியின் பெயருக்கு எழுதிக் கொடுக்க முடியுமா என்று கேளுங்கள். கட்டடக் காப்பீட்டில் விலையைவிட விதிவிலக்குகளை நான் கவனமாகப் படிப்பேன். 2022 ஏப்ரல் வெள்ளத்தில் டர்பன் மேட்டுச் சரிவுகளில் மண் சரிந்து வீடுகள் போனதை நாம் எல்லோரும் பார்த்தோம். தாங்குசுவர், மண் சரிவு, தரை அமிழ்வு ஆகியவை காப்பீட்டில் அடங்குமா என்பதை எழுத்தில் வாங்கிக்கொள்ளுங்கள். நீங்கள் பார்த்திருக்கும் வீடும் சாட்ஸ்வர்த்தின் மேட்டில்தானே இருக்கும். நகராட்சியின் சொத்துவரியும் பராமரிப்புச் செலவும் கடன் முடிந்த பிறகும் தொடர்பவை என்பதால், அவற்றைக் கடனின் விலையோடு நான் சேர்ப்பதில்லை. மாத வரவு செலவில் சேர்த்தாக வேண்டும்.

இணையத்தில் தமிழில் கிடைக்கும் வீட்டுக்கடன் அறிவுரைகளில் பெரும்பாலானவை இந்தியாவுக்காக எழுதப்பட்டவை. வட்டிக்கு வருமான வரிக் கழிவு உண்டு, ஆகவே கடனை நீண்ட நாள் வைத்திருப்பது நல்லது என்று அவை சொல்வதை இங்கே பின்பற்றாதீர்கள். குடியிருக்கும் வீட்டின் கடன் வட்டிக்குத் தென்னாப்பிரிக்காவில் வருமான வரிக் கழிவு கிடையாது.

நீண்ட காலக் கடனுக்கு ஆதரவாகச் சொல்லப்படும் ஒரு நியாயமான வாதமும் உண்டு. பணத்தின் மதிப்பு ஆண்டுதோறும் குறைவதால், 25-ஆவது ஆண்டில் கட்டும் 13,721 ராண்ட் இன்றைய 13,721 ராண்டின் பாரத்தைத் தராது. சம்பளமும் அதற்குள் ஏறியிருக்கும். இதை மறுக்க முடியாது. மேலே சொன்ன 49,40,000 ராண்டை இன்றைய பணமாக எண்ணிக்கொள்ளக் கூடாது என்பதும் சரி. ஆனால் 10.5 விழுக்காட்டு வட்டி பணவீக்கத்தை வெகுவாக மிஞ்சியது. 2025 நவம்பரில் பணவீக்க இலக்கு 3 விழுக்காடாகக் குறைக்கப்பட்டிருப்பதால், தவணையின் பாரம் முன்போல விரைவில் கரையும் என்று எதிர்பார்ப்பதும் சரியாகாது. விலைவாசி உயர்வு கடனைத் தின்றுவிடும் என்று நம்பிப் பத்து ஆண்டு கூடுதலாகக் கட்ட நான் யாருக்கும் சொல்ல மாட்டேன்.

உங்கள் வருமானம் மாதத்துக்கு மாதம் மாறுவதானால் மட்டும் 30 ஆண்டை எண்ணிப் பார்க்கலாம். 30 ஆண்டுக்குக் கையெழுத்திட்டு, மாதந்தோறும் உங்கள் கணக்கிலிருந்து தானாகக் கழியும் தொகையை முதல் மாதத்திலிருந்தே 14,976 ராண்டாக வைக்கச் சொன்னால், கடன் 20 ஆண்டிலேயே முடியும். கடினமான மாதத்தில் 13,721-க்கு இறக்கிக்கொள்ளும் வசதியும் இருக்கும். தேசியக் கடன் சட்டப்படி எப்போது வேண்டுமானாலும் முன்னறிவிப்போ அபராதமோ இல்லாமல் கூடுதலாகக் கட்டலாம். இந்த ஏற்பாட்டை முதல் மாதத்திலேயே செய்துவிட வேண்டும். பிறகு செய்துகொள்ளலாம் என்றவர்களின் கணக்கில், அந்த 1,255 ராண்ட் கார் தவணைக்கோ பள்ளிக் கட்டணத்துக்கோ போய்விட்டதைத்தான் நான் கண்டிருக்கிறேன்.

கூடுதலாகக் கட்டுவதில் காலமே பெரிது. உங்கள் வீட்டில் யாருக்காவது ஆண்டிறுதிப் போனஸாகப் பதின்மூன்றாம் மாதச் சம்பளம் வருமானால், முதலாண்டின் முடிவில் அதிலிருந்து 50,000 ராண்டைக் கடனில் போடுங்கள். 20 ஆண்டுக் கடனில் கடைசி 22 தவணைகள் இல்லாமல் போகும். அதே 50,000 ராண்டைப் பதினைந்தாம் ஆண்டின் முடிவில் போட்டால் குறைவது ஐந்தரைத் தவணைகள்தாம். மொத்தமாகப் பணம் வராதவர்கள் மாதம் 1,500 ராண்ட் கூட்டிக் கட்டினாலும், 20 ஆண்டுக் கடன் 15 ஆண்டு 3 மாதத்தில் முடிந்து சுமார் 5,80,000 ராண்ட் மிஞ்சும்.

இப்படிக் கூடுதலாகக் கட்டிய பணத்தைத் திரும்ப எடுத்துக்கொள்ளும் வசதியுள்ள கடன்களும் உண்டு. அவசரத்துக்கு அது பெரிய துணை; கல்யாணத்துக்கு எடுப்பதுதான் நம் குடும்பங்களில் அதிகம் நடக்கிறது. எட்டாம் ஆண்டின் முடிவில் மகள் கல்யாணத்துக்கு ஒரு இலட்சம் எடுத்து, மீதி 12 ஆண்டில் கட்டி முடித்தால், அந்தக் கல்யாணச் செலவு சுமார் 1,76,000 ராண்ட் ஆகிவிடும். எடுக்கவே கூடாது என்று சொல்ல எனக்கு மனம் வராது. எடுத்ததை இரண்டு ஆண்டுக்குள் திரும்பப் போடும் திட்டத்தோடு எடுங்கள்.

கடனை முழுதாக அடைக்கவோ வீட்டை விற்கவோ முடிவு செய்தால் வங்கிக்கு 90 நாள் முன்னறிவிப்பு எழுத்தில் கொடுங்கள்; கொடுக்காவிட்டால் அந்தக் காலத்து வட்டியை வங்கி கேட்கலாம். வீட்டை விற்பனைக்குப் பதியும் அன்றே இந்தக் கடிதத்தையும் அனுப்பிவிடுவது நல்லது.

கையெழுத்திடுமுன் வங்கி உங்களுக்கு எழுத்தில் ஒரு விலைப்புள்ளி தர வேண்டும் என்பதும் தேசியக் கடன் சட்டத்தின் விதி. மொத்தமாகக் கட்டப்போகும் தொகையும், அது வாங்கிய கடனுக்கு எத்தனை மடங்கு என்பதும் அதில் அச்சாகியிருக்கும். உங்கள் கடனுக்கு, கட்டணங்களையும் காப்பீட்டையும் சேர்க்காமலே, 20 ஆண்டானால் 2.4 மடங்கு, 30 ஆண்டானால் 3.3 மடங்கு. இரு காலத்துக்கும் தனித்தனி விலைப்புள்ளி கேட்டு வாங்குங்கள். அது ஐந்து வேலை நாள்களுக்கு வங்கியைக் கட்டுப்படுத்தும். அந்த நாள்களுக்குள் இன்னொரு வங்கியின் தாளையும் வாங்கி, வட்டி, மடங்கு, காப்பீட்டுத் தொகை மூன்றையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்த பிறகு கையெழுத்துப் போடுங்கள்.