மாசம் 600 ரூவா வாங்கி எவன்யா சோம்பேறி ஆனது?

கேள்வி: ஆசிரியர் ஐயாவுக்கு வணக்கம். எனக்கு 44 வயசு. கப்பலூர் பக்கம் ஒரு நூல் மில்லுல 11 வருசம் வேல பாத்தேன், கடைசியா 14,000 சம்பளம். தீபாவளி முடிஞ்ச கையோட மில்ல மூடிட்டாய்ங்க. வேலையில்லாதவங்களுக்கு கவர்மென்ட் காசு தருதாமேன்னு எம்ப்ளாய்மென்ட் ஆபீஸ்ல போய் கேட்டா வயசு தாண்டிருச்சுன்னு சொல்லிட்டாங்க. என் மச்சான் என்னடான்னா "சும்மா காசு குடுத்தா எவன் வேலைக்குப் போவான், அதான் நாடு இப்படி கெடக்கு"ங்கிறாரு. அவரு சொல்றது சரியா? (ஒரு வாசகர், திருமங்கலம்)

பதில்: மொதல்ல மச்சான் கணக்க முடிச்சு விட்ருவோம். தமிழ்நாடு அரசு குடுக்குற அந்த உதவித்தொகை எவ்வளவுன்னு அவருக்குத் தெரியுமா தம்பி? பத்தாவது ஃபெயிலுக்கு மாசம் 200, பாஸுக்கு 300, ப்ளஸ் டூவுக்கு 400, டிகிரிக்கு 600. அதுவும் மாசாமாசம் வராது, மூணு மாசத்துக்கு ஒரு தடவ பேங்குல விழும், மூணு வருசத்தோட நின்னுரும். டிகிரிக்காரனுக்கு ஒரு நாளைக்கு 20 ரூவா வருது. மாட்டுத்தாவணில டீ குடிச்சுட்டு வடைக்கு கை நீட்டுறதுக்குள்ள அன்னைக்கு காசு காலி (பத்தாவது ஃபெயிலானவன் டீயையே பாதில வச்சுட்டு எந்திரிக்கணும்). வீட்டுல இருக்க பொம்பளைங்களுக்கு உரிமைத் தொகைன்னு 2023ல ஆரம்பிக்கிறப்பவே 1,000 ரூவா போட்டாங்க, படிச்சுட்டு வேலையில்லாம நிக்கிறவனுக்கு இன்னும் 600. இத வாங்கிட்டு சோம்பேறி ஆன ஒரு ஆள மச்சான் கூட்டிட்டு வரட்டும், நான் பரோட்டா வாங்கித் தர்றேன்.

சரி, அந்த 600 வாங்க என்ன வேணும்? பதிஞ்சு அஞ்சு வருசம் காத்திருந்திருக்கணும், வயசு 40க்கு மேல போகக்கூடாது, எஸ்சி எஸ்டிக்கு 45, குடும்பத்துக்கே வருச வருமானம் 72,000த்த தாண்டக்கூடாது (மாற்றுத்திறனாளிகளுக்கு கணக்கு வேற). அதாவது இது உங்கள மாதிரி வேலை போனவனுக்கு போட்ட திட்டமே இல்ல தம்பி, வேலையே கெடைக்காம மொத வேலைக்கு காத்து கெடக்குறவனுக்கு போட்டது. எங்க காலத்துல பத்தாவது ரிசல்ட் வந்த வாரமே அப்பா கையப் புடிச்சு இழுத்துட்டுப் போய் பதிஞ்சு விட்ருவாரு, அப்புறம் மூணு வருசத்துக்கு ஒரு ரெனியூவல், போஸ்ட்மேன் சைக்கிள் மணி கேட்டா இன்டர்வியூ கார்டா இருக்குமோன்னு வாசலுக்கு ஓடுறது, சீனியாரிட்டி சீனியாரிட்டின்னே தலை நரைச்சவய்ங்க எத்தன பேரு. அந்தக் காத்திருப்புக்கு தைச்ச சட்ட இது, 44 வயசுல மில்லு வாசல்ல நிக்கிற ஆளுக்கு எப்படி பத்தும்? 1959ல ஒரு சட்டம் போட்டாங்க, 25 பேரோ அதுக்கு மேலயோ வேல பாக்குற கம்பெனி காலி எடத்த எம்ப்ளாய்மென்ட் ஆபீஸுக்கு தெரிவிக்கணும்னு. தெரிவிச்சா போதும், அங்க பதிஞ்சவனத்தான் எடுக்கணும்னு அதுல இருந்ததில்ல.

இப்ப உங்க விசயத்துக்கு வர்றேன். உங்க பே சிலிப்ப எடுத்துப் பாருங்க, இஎஸ்ஐன்னு ஒரு வரி இருக்கும், தொழிலாளிகளுக்கான அரசு காப்பீடு அது. சம்பளத்துல 0.75 சதவீதம், 14,000க்கு 105 ரூவா புடிச்சிருப்பாங்க, மொதலாளி பங்கு 3.25 தனி. நம்ம ஆளுங்க அத தத்தனேரி ஆஸ்பத்திரில மாத்திர வாங்குற காசுன்னு நெனச்சுட்டு இருக்காங்க. வேலை போனா குடுக்குறதும் அதுலதான் இருக்கு! ராஜீவ் காந்தி பேருல 2005 ஏப்ரல்ல இருந்து ஒரு திட்டம், ஃபேக்டரி மூடுனாலோ ஆட்குறைப்பு பண்ணுனாலோ, ரெண்டு வருசமாவது சந்தா கட்டியிருந்தா மொத 12 மாசம் பாதி சம்பளம், அடுத்த 12 மாசம் கால் சம்பளம், குடும்பத்துக்கு வைத்தியமும் உண்டு. உங்க கணக்குக்கு மாசம் ஏறக்குறைய 7,000 வரணும். அடல் பிகாரி வாஜ்பாய் பேருலயும் ஒன்னு இருக்கு, 2018ல கொண்டு வந்தது, ஆயுசுல ஒரு தடவ, 90 நாள் வரைக்கும் பாதி சம்பளம், அத அப்பப்ப நீட்டிச்சு நீட்டிச்சு ஓட்டிட்டு இருக்காங்க. எல்லாமே நீங்க கட்டுன காசுதான், இத இலவசம்னு மச்சான் சொன்னாருன்னா அவருக்கும் புடிக்கிறாங்களான்னு அவரு சிலிப்பையும் ஒரு தடவ பாக்கச் சொல்லுங்க.

ஆனா இங்கதான் ஒரு கண்ணி இருக்கு. எங்க தெருவுல ஒரு அண்ணன், இதே மாதிரி ஒரு மில்லுதான், பேரு வேணாம். மூடுறதுக்கு ரெண்டு நாள் முன்னாடி ஆபீஸ் ரூமுக்கு கூப்ட்டு "கணக்கு முடிக்கணும், இதுல ஒரு கையெழுத்து போடுங்க"ன்னு ஒரு பேப்பர நீட்டியிருக்காங்க. டைப் அடிச்சு ரெடியா இருந்துச்சாம், தேதி எழுதுற எடம் மட்டும் காலி. 'சொந்தக் காரணங்களுக்காக வேலையை விட்டு விலகுகிறேன்'. பி.எஃப் காசு சீக்கிரம் வரும்னு சொன்னதால மனுசன் போட்டுட்டாரு. அவ்வளவுதான், மில்லு மூடி வேலை போனவரு பேப்பர்ல தானா விட்டுட்டுப் போனவரா ஆயிட்டாரு. இஎஸ்ஐ படியும் போச்சு, ஆட்குறைப்புன்னா வருசத்துக்கு 15 நாள் சம்பளம்னு வர வேண்டிய நட்ட ஈடும் போச்சு. 11 வருசத்துக்கு அது 165 நாள் சம்பளம் தம்பி, சின்னக் காசா? 2025 நவம்பர் 21ல அமலுக்கு வந்த புது தொழிலாளர் சட்டத்துல, ஆட்குறைப்பு பண்ணுனா வேற தொழில் கத்துக்க இன்னும் ஒரு 15 நாள் சம்பளத்த மொதலாளி நிதியில கட்டணும், 45 நாளுக்குள்ள தொழிலாளி கணக்குல ஏறணும்னு இருக்கு. அதுவும் ராஜினாமா பண்ணுனவனுக்கு கெடையாது.

டெல்லிக்காரங்க 2025 ஆகஸ்ட்ல ஒரு பெரிய திட்டம் ஆரம்பிச்சாங்க, 99,446 கோடி. மொத மொத பி.எஃப்ல சேர்றவனுக்கு ஒரு மாச சம்பளம், 15,000 வரைக்கும், ரெண்டு தவணையா. உங்களுக்கு 11 வருசமா பி.எஃப் நம்பர் இருக்கு, அதனால கெடைக்காது. புது ஆளுக்கு மால, பழைய ஆளுக்கு வாசல். கொரோனா சமயத்துல 2020ல போட்ட திட்டத்துலயாச்சும் வேலை போய் திரும்பி சேர்றவனையும் கணக்குல சேத்தாங்க. ஆனா இந்த 2025 திட்டத்துல மொதலாளிக்கு குடுக்குற பங்குக்கு நீங்களும் கணக்குல வருவீங்க. கூடுதலா ஆள் எடுத்து ஆறு மாசம் வச்சிருந்தா, உங்க சம்பளத்துக்கு ஒரு ஆளுக்கு மாசம் 2,000 வரைக்கும் அவருக்கு வரும், 50 பேருக்கு கீழ உள்ள எடம்னா ரெண்டு பேர கூட்டியிருக்கணும், அதுக்கு மேலன்னா அஞ்சு பேர. அடுத்த எடத்துல வேல கேக்கப் போகும்போது இத எடுத்து விடுங்க, பாதி சூப்பர்வைசருக்கு தெரியாது.

சொந்தமா தொழில் பண்ணு, 25 சதவீதம் மானியம் தர்றோம்னு மாவட்ட தொழில் மையத்துல சொல்லுவாங்க. புடிச்சா பண்ணுங்க, நல்லதுதான். ஆனா 11 வருசம் ஸ்பின்னிங்ல நூல் ஒட்டுன ஆளப் பாத்து நாளைக்கே மொதலாளி ஆகுன்னு சொல்றது எனக்கு எப்பவுமே கொஞ்சம் கோவத்த வரவைக்கும், அதுவும் வேலை போன மாசத்துல போய் கடன் வாங்குன்னா.

கெளம்புங்க. இஎஸ்ஐ நம்பர், பே சிலிப், ஆதார், பேங்க் புக்கு எல்லாத்தையும் எடுத்துக்கிட்டு இஎஸ்ஐ கிளை ஆபீஸ்ல போய் "மில்ல மூடிட்டாங்க, வேலையில்லா படி வேணும்"னு எழுதிக் குடுங்க, வாங்குனதுக்கு சீல் போட்ட காப்பி வாங்காம வராதீங்க. அந்த அண்ணன் மாதிரி ராஜினாமா பேப்பர்ல நீங்க கையெழுத்து போட்டீங்களா இல்லையா, அது உங்க லெட்டர்ல இல்ல. அடுத்த லெட்டர்ல அத மொதல்ல எழுதுங்க.