50 கேள்வி, 19 மார்க்

கேள்வி: சுதந்திர தினத்தை ஒட்டி எங்கள் ஊரில் எட்டாம் வகுப்பு முதல் பத்தாம் வகுப்பு வரை படிக்கும் பிள்ளைகளுக்கு ‘உலக நாடுகளின் வரலாறு’ என்று ஒரு பொது அறிவுத் தேர்வு வைத்தோம். மொத்தம் 50 கேள்வி. அதிகபட்ச மதிப்பெண்ணே 19 தான்! டெல்டா பிள்ளைகளுக்கு வெளியுலகமே தெரியவில்லை என்று விழா மேடையிலேயே வருத்தப்பட்டுப் பேசினோம். உங்கள் இதழில் வாரம் 100 கேள்வி-பதில் போட்டால் மனப்பாடம் செய்ய வசதியாக இருக்குமே? கேள்வித்தாளையும் விடைக்குறிப்பையும் இணைத்திருக்கிறேன். அடுத்த ஆண்டு என்ன பரிசு தரலாம் என்றும் சொல்லுங்கள்.
– ஒரு வாசகர், மன்னார்குடி

பதில்: போட மாட்டோம். இடம் இல்லை என்பதால் அல்ல. அந்த மாதிரி ஆயிரம் கேள்வி-பதில் பஸ் ஸ்டாண்டு புத்தகக் கடையில் கயிறு கட்டித் தொங்குகிறது, உங்கள் தாளும் அப்படி ஒரு கைடிலிருந்து எடுத்ததுதான் என்று பார்த்தவுடனே தெரிகிறது. பிள்ளைகள் வாங்கிய மார்க்கை மேடையில் சொன்னீர்களே, அந்தக் கேள்வித்தாளுக்கு எத்தனை மார்க் போடலாம் என்று யாராவது யோசித்தீர்களா?

‘அந்நியர் ஆட்சிக்கு உட்படாத ஆசிய நாடு எது?’ என்று கேட்டு தாய்லாந்து, நேபாளம், வியட்நாம், மியான்மர் என்று நான்கு விடை கொடுத்திருக்கிறீர்கள். விடைக்குறிப்பில் தாய்லாந்து. சரி, நேபாளம் என்று டிக் அடித்த பிள்ளைக்கு ஏன் பூஜ்யம்? ஆங்கிலேயரோடு போரிட்டுத் தோற்று, 1816இல் சுகௌலி உடன்படிக்கையில் நிலத்தையும் இழந்து, காத்மாண்டுவில் ரெசிடெண்ட் என்ற பிரிட்டிஷ் பிரதிநிதி ஒருவரையும் ஏற்றுக்கொண்ட நாடுதான் நேபாளம், ஆனாலும் அது யாருடைய காலனியாகவும் ஆகவில்லை. தாய்லாந்தில் மட்டும் என்ன, 1941 டிசம்பரில் ஜப்பானியப் படை இறங்கியதே! இரண்டு சரியான விடையை வைத்துக்கொண்டு ஒன்றுக்கு மட்டும் மார்க் போட்டிருக்கிறீர்கள்.

அடுத்தது இன்னும் மோசம். ‘ரஷ்யாவில் அக்டோபர் புரட்சி நடந்த மாதம் எது?’ விடை, அக்டோபராம். கேள்விக்குள்ளேயே விடையை வைத்துவிட்டு இதற்கு ஒரு மார்க். இதில் வேடிக்கை என்னவென்றால், அன்று ரஷ்யா பழைய ஜூலியன் நாட்காட்டியில் இருந்தது, அதன்படிதான் அக்டோபர் 25. நம் நாட்காட்டியில் அது 1917 நவம்பர் 7. எந்தப் பிள்ளையாவது நவம்பர் என்று எழுதியிருந்தால், அந்தப் பிள்ளைக்குத் தாள் தயாரித்தவரைவிட ரஷ்ய வரலாறு அதிகம் தெரியும். தப்பு போட்டுத் திருப்பிக் கொடுத்திருப்பீர்கள்.

ஸ்வாசிலாந்தின் தலைநகர் கேள்வியைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டாம். அது வரலாறே அல்ல, 2018இல் அந்த நாட்டின் பெயரே எஸ்வாத்தினி என்று மாறிவிட்டது, போதாக்குறைக்கு அங்கே நிர்வாகம் நடப்பது ஓரிடம், நாடாளுமன்றம் கூடுவது வேறிடம்.

பெண்களுக்கு முதலில் ஓட்டுரிமை தந்த நாடு நியூசிலாந்து, 1893. இது சரியான கேள்வி. ஆனால் ‘முதலில்’ என்று கேட்டுவிட்டு அதோடு விட்டுவிடுவதுதான் நம் வினாடி வினா ஆட்களின் தீராத வியாதி. அதையே கொஞ்சம் திருப்பி, சென்னை மாகாணம், இலங்கை, பிரான்ஸ், சுவிட்சர்லாந்து நான்கையும் கொடுத்துக் காலவரிசைப்படுத்தச் சொல்லியிருக்கலாம். பத்துப் பிள்ளைகளில் ஒன்பது பேர் ஐரோப்பிய நாடுகளை முன்னால் எழுதுவார்கள், பெரியவர்களும் அப்படித்தான். உண்மை என்ன? சென்னை மாகாணத்தில் 1921, சொத்துத் தகுதி உள்ள பெண்களுக்கு மட்டும்தான் என்றாலும் கிடைத்தது. இலங்கையில் 1931, ஆண் பெண் எல்லோருக்கும். பிரான்ஸ் 1944. சுவிட்சர்லாந்தில் பெண்கள் தேசியத் தேர்தலில் ஓட்டுப்போட 1971 வரை காத்திருந்தார்கள். இந்த ஒரு கேள்வியில் தோற்ற பிள்ளைகூட வீட்டுக்குப் போய் “அது எப்படிம்மா?” என்று கேட்கும். உங்கள் தாளில் அப்படிக் கேட்க வைக்கிற கேள்வி ஒன்றுகூட இல்லை.

அப்புறம், டெல்டா பிள்ளைகளுக்கு வெளியுலகம் தெரியாது என்ற உங்கள் வருத்தம். ஐயா, வெளியுலகம் சண்டை போட்டு முடித்த இடமே நம் கடற்கரைதான். மன்னார்குடியிலிருந்து பஸ் ஏறினால் ஒரே நாளில் டச்சுக்காரர்கள் ஆண்ட நாகப்பட்டினம், டென்மார்க்காரர்கள் ஆண்ட தரங்கம்பாடி, பிரெஞ்சுக்காரர்கள் ஆண்ட காரைக்கால் என்று மூன்றையும் பார்த்துவிட்டு ராத்திரிச் சாப்பாட்டுக்கு வீடு திரும்பிவிடலாம்.

நாகப்பட்டினத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். 1658இல் போர்த்துகீசியரிடமிருந்து டச்சுக்காரர்கள் பிடித்த ஊர். 1780 டிசம்பரில் பிரிட்டன் டச்சுக்காரர்கள் மேல் போர் தொடுத்தது. ஏன்? அமெரிக்காவில் விடுதலைப் போர் நடக்கிறது, கரீபியக் கடலில் இருக்கும் டச்சுத் தீவு வழியாகக் கலகக்காரர்களுக்குத் துப்பாக்கியும் வெடிமருந்தும் போய்க்கொண்டிருந்தது, பிரிட்டனின் கோபத்துக்கு அது ஒரு பெரிய காரணம். 1781 அக்டோபரில் அமெரிக்காவின் யார்க்டவுனில் பிரிட்டிஷ் தளபதி காரன்வாலிஸ் பிரபு அமெரிக்கரிடமும் பிரெஞ்சுக்காரரிடமும் சரணடைகிறார். அடுத்த மாதம், நவம்பரில், நாகப்பட்டினம் கோட்டை பிரிட்டிஷார் கையில் விழுகிறது. கோட்டைக்குள் டச்சுக்காரர்களுக்குத் துணையாக ஹைதர் அலியின் ஆட்களும் இருந்தார்கள். தஞ்சாவூர்ப் பக்கம் பெரியவர்கள் ‘ஹைதர் கலாபம்’ என்று சொல்வார்களே, அதே காலம், அதே கலாபம். மறு ஆண்டு ஜூலையில் நாகப்பட்டினம் கடலில் பிரெஞ்சுக் கடற்படையும் பிரிட்டிஷ் கடற்படையும் மோதின. 1784இல் சமாதானம் பேசியபோது டச்சுக்காரர்கள் நாகப்பட்டினத்தை விட்டுக்கொடுத்தார்கள். அமெரிக்காவில் தோற்ற அதே காரன்வாலிஸ் 1786இல் இங்கே கவர்னர் ஜெனரலாக வந்து இறங்கினார், ஆறு ஆண்டில் திப்பு சுல்தானின் பாதி ராஜ்ஜியத்தைப் பிடுங்கினார்.

இப்போது உங்கள் தாளின் கேள்வி: ‘அமெரிக்கா சுதந்திரப் பிரகடனம் செய்த ஆண்டு?’ 1776 என்று எழுதினால் ஒரு மார்க். அதற்குப் பதிலாக, அமெரிக்க விடுதலைப் போரினால் காவிரிப் படுகையில் கைமாறிய துறைமுகம் எது, ஏன் கைமாறியது என்று கேட்டுப் பாருங்கள். அந்த ‘ஏன்’ கைடில் இருக்காது.

காரைக்கால் இன்னும் ருசியானது. 1954 மே 7இல் தியன் பியன் பூவில் பிரெஞ்சுப் படை வியட்நாமியரிடம் தோற்றது, ஜூலையில் ஜெனீவா ஒப்பந்தம், வியட்நாமும் அதன் அக்கம்பக்கமும் சேர்ந்த இந்தோசீனா பிரெஞ்சுக்காரர் கையை விட்டுப் போயிற்று. நவம்பர் 1ஆம் தேதி காரைக்கால் நிர்வாகம் இந்தியாவுக்கு வந்தது. அதே நவம்பர் 1ஆம் தேதிதான் அல்ஜீரியாவில் பிரெஞ்சுக்காரர்களுக்கு எதிராக விடுதலைப் போர் வெடித்தது. அல்ஜீரியா விடுதலை அடைந்தது 1962 ஜூலை. காரைக்காலைச் சட்டப்படி ஒப்படைக்கும் வேலை 1956 ஒப்பந்தத்தோடு இழுத்துக்கொண்டே போய் முடிந்தது எப்போது தெரியுமா, 1962 ஆகஸ்ட் 16. தேதி ஒத்துப்போனது தற்செயலாக இருக்கலாம், ஆனால் ஒரு சாம்ராஜ்யம் எந்தெந்த இடத்தில் எந்த வேகத்தில் கையை விட்டது என்று பார்க்க இதைவிட நல்ல உதாரணம் கிடையாது. காரைக்கால் பிள்ளைகளுக்கு ஆகஸ்ட் 16 லீவு என்று தெரியும். அந்த லீவுக்குள் அல்ஜீரியா இருக்கிறது என்று யாரும் சொல்லியிருக்க மாட்டார்கள்.

தரங்கம்பாடியைப் பற்றி ஒரு வரி: 1807இல் பிரிட்டிஷார் கோபன்ஹேகனைக் குண்டு வீசித் தாக்கினார்கள், மறு ஆண்டே தரங்கம்பாடியையும் பிடித்துக்கொண்டார்கள், நெப்போலியன் கதை முடிந்த பிறகுதான் டென்மார்க்குக்குத் திரும்பக் கிடைத்தது.

இதைப் படித்துவிட்டு “ஆண்டுகளே வேண்டாம், புரிந்தால் போதும்” என்று இன்னொரு கோஷ்டி கிளம்பும். அவர்களோடும் எனக்கு ஒத்துவராது. 1781 என்ற எண் தெரியாதவனுக்கு யார்க்டவுனும் நாகப்பட்டினமும் பக்கத்துப் பக்கத்து மாதம் என்பது எப்படித் தெரியும்? ஆண்டு வேண்டும், கட்டாயம் வேண்டும், ஆனால் ஜோடியாக வேண்டும். ஒற்றை ஆண்டைக் கேட்டால் மனப்பாடம்தான் பதில் சொல்லும். இரண்டைப் பக்கத்தில் வைத்து எது முன்னால், எது எதற்குக் காரணம் என்று கேட்டால் பிள்ளை யோசித்துத்தான் ஆக வேண்டும். போட்டித் தேர்வுக்குப் பயன்படாதே என்பீர்கள். டிஎன்பிஎஸ்சி தாளைப் புரட்டிப் பாருங்கள், கூற்று-காரணம், பொருத்துக, காலவரிசை எல்லாம் அங்கேயே இருக்கிறது. கைடு போடுகிறவர்களுக்குத்தான் அதெல்லாம் அச்சடிக்கச் சிரமம்.

அடுத்த ஆண்டு 50 கேள்வி வேண்டாம், இருபது போதும். நான்கு விடை கொடுத்தால் நான்குமே நம்பும்படி இருக்கட்டும், இரண்டு வேண்டுமென்றே அபத்தமாக இருந்தால் மீதி இரண்டில் பிள்ளைகள் கண்ணை மூடிக்கொண்டு அடிப்பார்கள். விடைக்குறிப்பைத் தயாரித்தவரே திருத்தக் கூடாது, வேறு ஒருவர் ஒரு வாரம் முன்பே பார்க்கட்டும். “இந்தக் கேள்வி தப்பு” என்று காரணத்தோடு எழுதுகிற பிள்ளைக்கு இரண்டு மார்க் அதிகம் கொடுங்கள்.

பரிசு கேட்டீர்கள். தயவுசெய்து எவர்சில்வர் டப்பா வேண்டாம், சுவர்க்கடிகாரமும் வேண்டாம். ஆளுக்கு ஒரு அட்லஸ் வாங்கிக் கொடுங்கள். வாங்குவதற்கு முன் ஆப்பிரிக்கா பக்கத்தைத் திறந்து 2011இல் பிறந்த தெற்கு சூடான் இருக்கிறதா என்று பார்த்துக்கொள்ளுங்கள், இல்லையென்றால் கடைக்காரர் எவ்வளவு தள்ளுபடி சொன்னாலும் வாங்காதீர்கள்.