பாமாலையின் தலையில் இருக்கும் எண்கள்

அன்புள்ள ஐயா,

எங்கள் சபையில் கொயரைக் கவனித்துக்கொள்கிறேன். கர்நாடக இசை கொஞ்சம் தெரியும், நொட்டேஷன் பார்த்தும் வாசிப்பேன். எனக்குச் சில சந்தேகங்கள். பாமாலை ராகப் புத்தகத்தில் பாட்டுக்கு மேலே 8.6.8.6 என்றும், 8.7.8.7 என்றும் போட்டிருக்கிறதே, அது என்ன? ஜெர்மனியின் சபைச் சீர்திருத்தவாதி லூத்தர் சாராயக்கடைப் பாட்டுகளின் மெட்டை எடுத்துத்தான் ஞானப்பாட்டு எழுதினார் என்று ஒரு கூட்டத்தில் பேசினார்கள். உண்மையா? கீர்த்தனை பாடும்போது சபையார் எல்லோரும் சேர்ந்துகொள்கிறார்கள், பாமாலைக்கு வாய் முணுமுணுப்பதோடு சரி. சொற்கள் இழுபடுவதும் காரணம் என்று நினைக்கிறேன். ஒன்றிரண்டு சொல்லை மாற்றிப் பாடலாமா, அது தவறா? பாமாலையையே விட்டுவிடலாம் என்று இளைஞர்கள் சொல்கிறார்கள்.

அன்புடன்,
ஒரு வாசகர், திருநெல்வேலி மாவட்டம்

அன்புள்ள நண்பருக்கு,

எண்களிலிருந்து தொடங்குகிறேன். பாமாலை என்பது மேல்நாட்டு மெட்டுகளில் பாடும் தமிழ் ஞானப்பாட்டு. அதில் ராகம் என்று சொல்வது கர்நாடக ராகத்தை அல்ல, பாட்டின் மெட்டைத்தான். மற்ற கேள்விகளுக்கான விடையும் அதற்குள்தான் இருக்கிறது.

8.6.8.6 என்றால் முதல் அடியில் எட்டு எழுத்து, இரண்டாம் அடியில் ஆறு, மறுபடி எட்டு, ஆறு. புள்ளி வைத்த எழுத்தைச் சேர்ப்பதில்லை. யாப்பு படித்தவர்களுக்கு இந்தக் கணக்கு பழக்கமானது. கட்டளைக் கலித்துறையில் ஒற்றை நீக்கி எண்ணினால், நேரசையில் தொடங்கும் அடிக்கு 16 எழுத்து, நிரையசையில் தொடங்கும் அடிக்கு 17 வரும். எண்ணும் முறை அதேதான். 8.6.8.6க்கு ஆங்கிலத்தில் ‘காமன் மீட்டர்’ என்று பெயர், சுருக்கமாக சி.எம். 8.8.8.8 என்பது எல்.எம்., 6.6.8.6 என்பது எஸ்.எம். பக்கத்தில் ‘டி’ என்று இருந்தால் அந்த அளவு இரண்டு முறை வருகிறது, அதாவது எட்டு அடிப் பாட்டு.

இந்த எண் எதற்கு? பாட்டு ஒரு கை, ராகம் இன்னொரு கை. இரண்டையும் கோக்கும் கொக்கி இந்த எண்தான். மேல்நாட்டுச் சபைகளில் பாட்டு எழுதியவர் பெரும்பாலும் மெட்டுப் போட்டவர் அல்ல. ராகத்துக்குத் தனிப் பெயர் உண்டு. சி.எம். அளவில் எழுதிய எந்தப் பாட்டையும் சி.எம். ராகம் எதிலும் பாடிப் பார்க்கலாம். ஆகவே ஒரு பாட்டு எங்கிருந்து வந்தது என்று கேட்டால், சொல் எங்கிருந்து, மெட்டு எங்கிருந்து, இரண்டும் எப்போது சேர்ந்தன, தமிழுக்கு எப்போது வந்தது என்று நான்காகப் பிரித்துக் கேட்க வேண்டும்.

‘அமேசிங் கிரேஸ்’ பாட்டையே பாருங்கள். ஜான் நியூட்டன் என்ற போதகர் அதை இங்கிலாந்தின் ஓல்னி என்ற ஊரில் 1773 புத்தாண்டு நாள் பிரசங்கத்துக்காக எழுதினார். பிரசங்க வசனம் 1 நாளாகமம் 17:16, 17. ‘நான் எம்மாத்திரம், என் வீடும் எம்மாத்திரம்’ என்று தாவீது கர்த்தருக்கு முன்பாக உட்கார்ந்து கேட்கும் இடம். நியூட்டன் தம் பழைய பாவத்தை நினைத்து எழுதினார் என்பதோடு நிறுத்திவிடுகிறார்கள். அந்த வசனத்தோடு சேர்த்துப் படித்தால்தான் ‘இதுவரை கொண்டுவந்தவர் இனியும் நடத்துவார்’ என்ற அதன் போக்கு விளங்கும். 1779இல் அது அச்சானது. இன்று நாம் பாடும் ‘நியூ பிரிட்டன்’ என்ற ராகத்தோடு அது சேர்ந்தது 1835இல், அமெரிக்காவில். இடையில் 56 ஆண்டுகள். ‘பதினாயிரம் ஆண்டு’ என்று வரும் கடைசிச் சரணமோ நியூட்டனுடையதே அல்ல. சி.எம். அளவுக்கு அது பொருந்தியதால் பின்னால் வந்து ஒட்டிக்கொண்டது.

கிறிஸ்துமஸில் நாம் பாடும் ‘ஹார்க் தி ஹெரால்ட்’ பாட்டின் கதையும் அப்படித்தான். சொற்கள் சார்லஸ் வெஸ்லியின் 1739ஆம் ஆண்டுப் பாட்டு. மெட்டு, அச்சுக்கலையின் நானூறாம் ஆண்டு விழாவுக்காக மெண்டல்சன் என்ற ஜெர்மன் இசையமைப்பாளர் 1840இல் ஆக்கிய இசையின் ஒரு பகுதி. பக்திச் சொற்களுக்கு இந்த மெட்டு ஒத்துவராது என்பது மெண்டல்சனின் எண்ணம். அவர் மறைந்த பிறகு, 1855இல், கம்மிங்ஸ் என்ற ஆர்கன் கலைஞர் இரண்டையும் இணைத்தார்.

இனி சாராயக்கடைக் கதை. அது தவறு. ஜெர்மன் பாட்டில் ‘பார்’ என்று ஒரு வடிவம் உண்டு. ஒரே மெட்டில் இரண்டு பகுதி, பிறகு வேறு மெட்டில் ஒரு முடிப்பு. லூத்தரின் பல பாட்டுகள் இந்த வடிவத்தில் இருக்கின்றன. அந்தச் சொல்லை மதுக்கடையைக் குறிக்கும் ஆங்கிலச் சொல்லாக யாரோ எடுத்துக்கொண்டதில் கிளம்பிய கதை என்றே இதை விளக்குகிறார்கள். லூத்தர் உலகப் பாட்டின் மெட்டைத் தொடவே இல்லை என்றும் சொல்ல முடியாது. பிள்ளைகளுக்கான அவருடைய கிறிஸ்துமஸ் பாட்டு ஒன்று 1535இல் விடுகதைப் பாட்டு ஒன்றின் மெட்டோடு வெளிவந்தது. 1539இல் அதை விட்டுவிட்டு வேறு மெட்டு கொடுத்தார்.

காதல் பாட்டின் மெட்டு கோவிலுக்குள் வந்ததற்கு உறுதியான சான்று வேண்டுமென்றால் பெரிய வெள்ளிக்குப் போங்கள். முள்முடி சூடிய தலையைப் பார்த்துப் பாடும் ஜெர்மன் கவிஞர் கெர்ஹார்ட்டின் பாட்டுக்கு அமைந்த மெட்டு, ஹாஸ்லர் என்ற இசையமைப்பாளர் 1601இல் வெளியிட்ட ஒரு காதல் பாட்டினுடையது. இசையமைப்பாளர் பாக், மத்தேயு சொல்லும் இயேசுவின் பாடுகளுக்கு ஆக்கிய இசையில் அதே மெட்டை ஐந்து முறை பயன்படுத்தினார். இன்று அதைக் கேட்கிற யாருக்கும் காதல் நினைவு வருவதில்லை. மெட்டு எங்கே பிறந்தது என்பதைவிட, எந்தச் சொல்லோடு எத்தனை காலம் வாழ்ந்தது என்பதுதான் அதன் பொருளை ஆக்குகிறது என்பது என் முடிவு.

உங்கள் உண்மையான சிக்கல் தமிழ்ச் சொற்கள் இழுபடுவது. இதைக் கொஞ்சம் விரிவாகவே சொல்ல வேண்டும்.

சீகன்பால்க் 1706இல் தரங்கம்பாடியில் இறங்கினார். பின்னால் வந்த மிஷனரிகளில் பெப்ரிசியுஸ் 1742 முதல் சென்னையில் இருந்து வேதாகமத்தையும் ஜெர்மன் ஞானப்பாட்டுகளையும் தமிழாக்கினார். இவர்களுக்கு மெட்டு முன்கூட்டியே முடிவாகிவிட்டது. ஜெர்மன் அடியில் எட்டு எழுத்து என்றால் தமிழிலும் எட்டுதான். ஆனால் தமிழ்ச் சொல் விகுதியும் உருபும் சேர்ந்து நீள்வது. ஆங்கிலத்தில் இரண்டே எழுத்தில் முடியும் ‘தை கிரேஸ்’ தமிழில் ‘உம்முடைய கிருபை’ ஆகும்போது ஒற்று நீக்கி ஏழு எழுத்து. எட்டெழுத்து அடியில் ஏழு இதற்கே போய்விட்டால் மிச்சம் என்ன சொல்வது? ‘உம் கிருபை’ என்றால் நான்கு, ‘உம் அருள்’ என்றால் மூன்று. பாமாலையில் சொற்கள் இறுக்கமாகவும் உருபுகள் தொக்கும் இருப்பதற்குக் காரணம் இந்த நெருக்கடி. மொழி தெரியாததால் வந்தது என்று எல்லாவற்றையும் ஒதுக்குவது நியாயமில்லை.

எண்ணிக்கை சரியாக இருந்தாலும் ஒரு சிக்கல் மிஞ்சும். ஆங்கிலமும் ஜெர்மனும் அழுத்தத்தில் நடக்கின்றன, தமிழ் மாத்திரையில் நடக்கிறது. ‘நியூ பிரிட்டன்’ ராகத்தை எடுத்துக்கொள்ளுங்கள். மூன்று தட்டுத் தாளம். முதல் எழுத்துக்கு ஒரு தட்டு, அடுத்ததற்கு இரண்டு, மறுபடி ஒன்று, மறுபடி இரண்டு. நம் இலக்கணத்தில் குறிலுக்கு ஒரு மாத்திரை, நெடிலுக்கு இரண்டு. அந்தக் கணக்கு அப்படியே இங்கே வந்து நிற்கிறது. இப்போது இந்த அடியைப் பாடிப் பாருங்கள்:

விழாவில் கூடிப் பாடுவோம்

எட்டு எழுத்து. இரண்டு தட்டு விழும் இடங்கள் 2, 4, 6, 8. அங்கே இருப்பவை ழா, கூ, பா, வோ. நான்கும் நெடில். ஒரு தட்டு இடங்களில் வி, வி, டி, டு, எல்லாம் குறில். பேசுவதுபோலவே வாயில் வரும். இதே சொற்களைப் புரட்டுங்கள்:

பாடுவோம் கூடி விழாவில்

இதுவும் எட்டு எழுத்துதான். ஆனால் நீளும் இடங்களில் டு, கூ, வி, வில் வந்து உட்காருகின்றன. பா, வோ, ழா மூன்றும் ஒரு தட்டுக்குள் சுருங்கிவிடும். ‘படூ’ என்று தொடங்கி ‘வீழ’ என்று முடியும். விழா, வீழ என்றாகிவிட்டது. சபையார் முணுமுணுப்பது இந்த இடங்களில்தான். சொல் தெரியும், வாய்க்குள் வரும்போது வேறு சொல்லாகிறது, குரல் தானாக அடங்குகிறது.

ஆகவே புதுப் பாமாலை பழக்குவதற்கு முன் ஒரு சரணத்தை எழுதி, ராகத்தில் நீளும் இடங்களுக்குக் கீழே கோடு போடுங்கள். சொல்லின் முதல் எழுத்து குறிலாக இருந்து அதன் கீழ் கோடு விழுந்தால் அதுதான் ஆபத்தான இடம். சொல்லின் நடுவிலோ கடைசியிலோ குறில் நீண்டால் காது பொறுத்துக்கொள்ளும். முதலில் நீண்டால் பொருளே மாறும். குறிலுக்குப் பின் ஒற்று இருந்தால் அது எந்த இனம் என்று பாருங்கள். ‘அன்பு’, ‘வல்ல’, ‘எங்கள்’ போன்றவற்றில் உயிரைக் குறுக்கிவிட்டு ன், ல், ங் மேல் நாதத்தை நிறுத்தலாம், அழகாகவே இருக்கும். ‘பக்தி’, ‘சத்தம்’ போன்றவற்றில் வல்லின ஒற்றின்மேல் நாதம் நிற்காது, ஆகவே ‘பாக்தி’ ஆகிவிடும். அங்கே எழுத்தைக் குறுக்கிப் பாடி, மிச்சத் தட்டை மௌனமாக விடச் சொல்லுங்கள். ஆர்கன் அதை நிரப்பிக்கொள்ளும்.

இரண்டு மூன்று சரணத்திலும் ஆபத்தான இடம் நிறைய இருந்தால் ராகத்தையே மாற்றுங்கள். எண் ஒன்றாக இருந்தால் மட்டும் போதாது, எடுப்பையும் பார்க்க வேண்டும். சி.எம். ராகங்கள் பெரும்பாலும் தாளம் விழுவதற்கு முன்பே ஓர் எழுத்தோடு தொடங்கும். கீர்த்தனை தெரிந்த உங்களுக்கு அதீத எடுப்பு என்றால் புரியும். 7.7.7.7, 8.7.8.7 அளவுகளில் பல ராகங்கள் சம எடுப்பில், தாளத்தோடு சேர்ந்தே தொடங்கும். மோனை முதல் எழுத்தில் நிற்கும் மொழி நம்முடையது. அதற்குச் சம எடுப்பு நன்றாக ஒத்துப்போகிறது. எடுப்பு மாறிய இரண்டு ராகங்களை எண்ணை மட்டும் நம்பி மாற்றினால் பாட்டு முழுக்க நொண்டும்.

வேகமும் முக்கியம். லூத்தர் கால ராகங்களில் நெட்டெழுத்தும் குற்றெழுத்தும் கலந்தே இருந்தன. பின்வந்த நூற்றாண்டுகளில் சபைகள் மெதுவாகப் பாடப் பாட, எல்லாச் சுரமும் ஒரே நீளமாகச் சமன் செய்யப்பட்டது. நமக்கு வந்த பல வடிவங்கள் அந்தச் சமன் செய்த வடிவங்களே. அதை ஆர்கனில் இன்னும் இழுத்தால் குறில் ஒவ்வொன்றும் நெடிலாகும். ஒரு அடியை ஒரே மூச்சில், திணறாமல் முடிக்கும் வேகமே சரியான வேகம்.

கீர்த்தனை ஏன் இப்படி இழுபடுவதில்லை என்பதும் இப்போது தெரிந்திருக்கும். தஞ்சை வேதநாயக சாஸ்திரியார் (1774–1864) ஜெர்மன் மிஷனரி சுவார்ட்ஸ் ஐயரிடம் வளர்ந்தவர், அதே சுவார்ட்ஸிடம் படித்த சரபோஜி மன்னரின் நண்பர். பல்லவி, அனுபல்லவி, சரணம் என்ற அமைப்பிலும் குறவஞ்சி வடிவத்திலும் அவர் பாடினார். அங்கே சொல்லும் மெட்டும் ஒரே மனத்தில் பிறந்தன, எதுகை நின்ற இடத்தில் தாளம் வந்து நின்றது. பல்லவிக்குத் திரும்பித் திரும்பி வருவதால் புத்தகம் இல்லாதவரும் சேர்ந்துகொள்ளலாம். அமெரிக்காவில் 19ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் திறந்தவெளிக் கூடாரக் கூட்டங்களில் இதே தேவை எழுந்தபோது, பழைய பாட்டுகளின் சரணங்களுக்குப் பின்னால் ஒரு பல்லவியை ஒட்டவைத்தார்கள். இன்றைய ஆராதனைப் பாடல்களில் வரும் கோரஸின் வேர்களில் அதுவும் ஒன்று.

இளைஞர்களிடம் இதைச் சொல்லுங்கள்: கீர்த்தனையும் கோரஸும் ஒரு கருத்தைச் சுற்றிச் சுற்றி வரும், பாமாலை ஒரு வாதத்தை அடியடியாக நடத்திச் செல்லும். இரண்டும் சபைக்கு வேண்டும். அதனால்தான் நேரமில்லை என்று சரணத்தை வெட்டும்போது எனக்கு மனம் பதைக்கிறது. வேதாகமத்தின் 46ஆம் சங்கீதத்தை அடியொற்றி லூத்தர் எழுதிய கோட்டைப் பாட்டின் ஜெர்மன் மூலத்தில் முதல் சரணம் எங்கே முடிகிறது தெரியுமா? சத்துருவுக்குப் பூமியில் நிகரில்லை என்ற இடத்தில். நமக்காக யுத்தம் பண்ணுகிறவர் யார் என்ற கேள்வியும், இயேசு கிறிஸ்து என்ற விடையும் இரண்டாம் சரணத்தில்தான் வருகின்றன. முதலைப் பாடி நடுவை விட்டால் சாத்தானை உயரத்தில் ஏற்றிவைத்துவிட்டுப் போகிறோம். கெர்ஹார்ட்டின் பாட்டு ஒன்றில் 12 சரணங்களின் முதல் சொற்களைக் கோத்தால் லூத்தரின் மொழிபெயர்ப்பில் சங்கீதம் 37:5 வரும். அதில் ஒன்றை எடுத்தால் வசனம் உடையும். வெட்டித்தான் ஆக வேண்டுமென்றால் முழுப் பாட்டையும் வாசித்துவிட்டு வெட்டுங்கள். வாதம் உடையும் பாட்டானால் அன்றைக்கு வேறு பாட்டு எடுங்கள்.

சொல்லை மாற்றலாமா என்று கேட்டீர்கள். ஜான் வெஸ்லி 1780இல் தம் பாட்டுத் தொகுப்பின் முன்னுரையில், எங்கள் பாட்டுகளைத் திருத்த வேண்டாம், திருத்தினால் மூலத்தையும் ஓரத்திலாவது அச்சிடுங்கள் என்று கேட்டுக்கொண்டார். அவரே ஐசக் வாட்ஸின் 90ஆம் சங்கீதப் பாட்டில் ‘எங்கள் தேவனே’ என்ற தொடக்கத்தை ‘ஓ தேவனே’ என்று மாற்றியவர். அவர் தம்பி சார்லஸின் கிறிஸ்துமஸ் பாட்டின் முதலடியை 1753இல் வைட்பீல்டு என்ற பிரசங்கியார் மாற்றினார், உலகம் இன்று பாடுவது மாற்றிய அடியைத்தான். ஆகவே, ஒரு குறில் நீண்டு பொருள் கெடும் இடத்தில், போதகரிடம் கேட்டு, பொருள் மாறாத வேறு சொல்லைப் போடலாம். கொயர் புத்தகத்தில் புதுச் சொல்லைப் பென்சிலால் எழுதுங்கள், பழைய சொல்லை அடிக்காமல் விடுங்கள்.