கேமராவுக்கு முன் ஒரு ஜன்னல்

அன்புள்ள அம்மா,

"பிளஸ் டூ முடித்ததும் ஒளிப்பதிவுதான் படிப்பேன் என்கிறான் மகன். இரண்டு லட்சத்துக்குக் கேமரா கேட்டுச் சாப்பிடாமல் கிடக்கிறான்" என்று எழுதியிருக்கிறீர்கள். கேமரா இப்போது வேண்டாம். படிப்பைத் தடுக்கவும் வேண்டாம்.

ஒரு வேலை கொடுங்கள். சமையலறை ஜன்னலோரம் பாட்டியை உட்காரவைத்து, கையில் இருக்கும் செல்போனிலேயே காலை ஏழு மணிக்கும், உச்சிவேளையிலும், விளக்கு வைக்கும் நேரத்திலும் படம் எடுக்கட்டும். பிறகு ஜன்னலுக்கு எதிர்ப்புறம் ஒரு வெள்ளைத் தெர்மோகோல் அட்டையைப் பிடித்து இன்னொன்று. இருட்டில் கிடந்த கன்னத்தில் சுருக்கங்கள் மெல்ல எழுந்து வருவதை அவனாகவே ஓடிவந்து உங்களிடம் காட்டினால், பிள்ளைக்குக் கண் இருக்கிறது. சினிமா படப்பிடிப்பிலும் இதே தெர்மோகோலைப் பிடித்துக்கொண்டு ஆள் நிற்பார்.

இயற்பியலை அவன் அலட்சியம் செய்கிறான் என்பதுதான் எனக்குக் கவலை. விளக்கை நாலடியிலிருந்து எட்டடிக்குத் தள்ளினால் வெளிச்சம் பாதியாகாது, கால்பங்காகிவிடும். அந்தக் கணக்கு தெரியாமல் ஒளி அமைக்க முடியாது.

படிக்க, சென்னை தரமணியில் எம்.ஜி.ஆர். பெயரிலான அரசு திரைப்பட, தொலைக்காட்சிப் பயிற்சி நிறுவனம் இருக்கிறது, நான்காண்டுப் பட்டப்படிப்பு. ஒளிப்பதிவாளர் பி.சி.ஸ்ரீராம் படித்த இடம். ஒளிப்பதிவாளரும் இயக்குநருமான பாலு மகேந்திரா படித்த புனே திரைப்பட நிறுவனத்துக்கும், கொல்கத்தாவில் சத்யஜித் ரே பெயரில் உள்ள நிறுவனத்துக்கும் முதலில் ஒரு பட்டம் வேண்டும். எல்லா இடத்திலும் போட்டி கடுமை.

படிப்பு முடிந்த பிறகுதான் உண்மையான சோதனை. பல வருடம் உதவியாளராக இருக்க வேண்டும். லென்ஸ் பெட்டி சுமப்பது, டேப் பிடித்து நடிகருக்கும் கேமராவுக்கும் உள்ள தூரத்தை அளப்பது என்று தொடங்கும். குளோசப்பில் நடிகர் இரண்டு அங்குலம் முன்னால் சாய்ந்தாலே படத்தில் அவர் கண் மங்கி, காது தெளிவாகிவிடும். அதைக் கையால் திருத்திக்கொண்டே இருப்பவர்தான் ஃபோகஸ் புல்லர். படப்பிடிப்பு இருக்கும் நாளில்தான் பணம். ஒரு படத்துக்கும் அடுத்த படத்துக்கும் நடுவே மாதக்கணக்கில் வீட்டில் இருக்க நேரும். அப்போது "இன்னும் சும்மாதான் இருக்கிறாயா?" என்ற ஒரு சொல் பிள்ளையை உடைத்துவிடும். தொலைக்காட்சித் தொடர்களில் வேலை ஓரளவு தொடர்ச்சியாகக் கிடைக்கும்; ஆனால் நிதானமாக ஒளி அமைக்க நேரம் இராது. அதைக் குறைவான வேலை என்று நினைக்காதீர்கள், கை வேகம் அங்கேதான் பழகும்.

எத்தனை வருடம் உங்களால் தாங்க முடியும் என்பதை அவனை உட்காரவைத்து, ரூபாய்க் கணக்கோடு இப்போதே சொல்லிவிடுங்கள். அடுத்த சனிக்கிழமை பாட்டியின் படங்களோடு அவனை அழைத்து வாருங்கள்.