பேரன் கட்சி மாறிவிட்டான், மாமனார் பேசுவதில்லை

கேள்வி: நான் சென்னைப் பெண். கணவர் வங்காளி. வட கொல்கத்தாவில் மாமனார் வீட்டில் இருக்கிறோம். வீடே மோகன் பகான் கால்பந்து அணியின் பக்கம். கூடத்தில் சாமி படத்துக்குப் பக்கத்தில் 1911 அணியின் போட்டோ மாட்டியிருக்கிறது. எனக்குக் கால்பந்து ஒன்றும் தெரியாது. 2023ல் எதிரணியான ஈஸ்ட் பெங்காலுக்காக நம் சென்னைப் பையன் நந்தகுமார் கோல் போட்டபோது, ஊர்ப் பாசத்தில் கைதட்டினேன். பக்கத்தில் உட்கார்ந்திருந்த என் மகனும் தட்டினான். இப்போது அவனுக்குப் பன்னிரண்டு வயது, சிவப்பு மஞ்சள் ஜெர்சியைக் கழற்றுவதே இல்லை. போன டெர்பியில், அதாவது இந்த இரண்டு அணிகளும் மோதும் ஆட்டத்தில், ஈஸ்ட் பெங்கால் ஜெயித்த அன்று இலிஷ் மீன் வேண்டும் என்று அடம்பிடித்தான், செய்துகொடுத்தேன். சாப்பிடும்போது தாத்தாவைப் பார்த்து ஐந்து விரலையும் விரித்துக் காட்டிச் சிரித்தான். பள்ளியில் கற்றுக்கொண்டது போலிருக்கிறது. எழுபத்துநாலு வயது மனிதர், தட்டை அப்படியே வைத்துவிட்டு எழுந்து போய்விட்டார். அன்றிலிருந்து அவனிடம் பேச்சில்லை, என்னிடமும் அளந்துதான். கணவரோ, “உங்க சண்டையில் என்னை இழுக்காதே” என்று போனை எடுத்துக்கொண்டு மாடிக்குப் போய்விடுகிறார். மகனை அணி மாறச் சொல்லட்டுமா? ஜெர்சியை ஒளித்துவைக்கட்டுமா? ஒரு விளையாட்டுக்கு இவ்வளவு தேவையா?
– பெயர் வேண்டாம், கொல்கத்தா

பதில்: அன்புள்ள சகோதரிக்கு,

கடைசிக் கேள்வியை முதலில் எடுத்துக்கொள்கிறேன். தேவையில்லைதான். ஆனால் இந்த வாக்கியத்தை மாமனார் காதில் விழும்படி சொல்லிவிடாதீர்கள். இப்போது அளந்தாவது பேசுகிறார், அதுவும் நின்றுவிடும்.

பிரச்சினை ஜெர்சி என்று நினைக்கிறீர்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. உங்கள் கடிதப்படி பையன் 2023லிருந்தே அந்தப் பக்கம்தான். இவ்வளவு நாளும் அந்தச் சிவப்பு மஞ்சளைப் பார்த்துக்கொண்டேதானே அவர் சாப்பிட்டிருக்கிறார்? அப்போதெல்லாம் எழுந்து போகவில்லையே. அன்றைக்கு எழ வைத்தது அந்த ஐந்து விரல்.

1975 செப்டம்பர் 30. ஐ.எஃப்.ஏ. ஷீல்டு இறுதிப் போட்டி. ஈஸ்ட் பெங்கால் 5, மோகன் பகான் 0. அதே ஆண்டுதான் ஈஸ்ட் பெங்கால் கொல்கத்தா லீக்கைத் தொடர்ந்து ஆறாவது முறையாக வென்றிருந்தது. ஏற்கெனவே நொந்து போயிருந்தவர்கள் தலையில் இந்த ஐந்து கோல். ரசிகர்களின் கோபத்துக்குப் பயந்து மோகன் பகான் வீரர்கள் சிலர் அன்றிரவைக் கங்கையில் படகிலேயே கழித்ததாகச் சொல்வார்கள். ஒரு ரசிகர் உயிரையே மாய்த்துக்கொண்டார். அன்றிலிருந்து இன்றுவரை ஈஸ்ட் பெங்கால்காரர் ஒருவர் மோகன் பகான்காரரைப் பார்த்து ஐந்து விரலை விரித்தால், அதற்கு ஒரே அர்த்தம்தான். வாயைத் திறந்து எதுவும் சொல்ல வேண்டியதில்லை.

உங்கள் மாமனாருக்கு எழுபத்துநாலு என்கிறீர்கள். கணக்குப் போட்டுப் பாருங்கள், அப்போது அவருக்கு இருபத்துநாலு, இருபத்தைந்து இருக்கும். டீக்கடை, அலுவலகம், டிராம் என்று எத்தனை இடத்தில் அந்தக் கையைப் பார்த்திருப்பார்! வெளியே எவன் காட்டினாலும் முகத்தைத் திருப்பிக்கொள்ளலாம். சொந்தப் பேரன், சொந்தச் சாப்பாட்டு மேஜையில், அதுவும் முன்னால் இலிஷ் குழம்பை வைத்துக்கொண்டு காட்டினால்?

அந்த இலிஷைப் பற்றியும் சொல்லியாக வேண்டும். சாதாரண நாளில் அந்த வீட்டிலும் இலிஷ் சாப்பிடுவார்கள், அதில் தப்பில்லை. ஆனால் டெர்பி இரவில் இலிஷ் என்றால் ஈஸ்ட் பெங்கால் ஜெயித்தது என்று பொருள், இறால் என்றால் மோகன் பகான். இது தெரியாமல் சமைத்தீர்கள் என்றுதான் நம்புகிறேன். தெரிந்தே சமைத்திருந்தால், உங்களுக்குக் கால்பந்து தெரியாது என்பதை நான் நம்ப மாட்டேன்.

அவருடைய வருத்தத்தில் இன்னொரு அடுக்கும் இருக்கிறது. 1889ல் தொடங்கிய கிளப் மோகன் பகான். 1920ல் வேறொரு அணியில் ஒரு வீரரைக் கடைசி நேரத்தில் ஒதுக்கிவைத்ததால் வந்த மனஸ்தாபத்தில் பிறந்தது ஈஸ்ட் பெங்கால். 1947 பிரிவினையில் கிழக்கு வங்கத்திலிருந்து வீடுவாசலை விட்டு வந்தவர்களுக்கு அந்தப் பெயரே ஊராகிவிட்டது. அவர்கள் ‘பாங்கால்’, இங்கேயே பரம்பரையாக இருப்பவர்கள் ‘கோட்டி’. அப்புறம் அப்பாவிடமிருந்து பிள்ளைக்கு, பிள்ளையிடமிருந்து பேரனுக்கு என்று அணி வீட்டோடு வருகிற சொத்தாகவே ஆகிவிட்டது. 1911ல் பெரும்பாலும் வெறுங்காலோடு ஆடி, ஆங்கிலேய ராணுவ அணியான ஈஸ்ட் யார்க்ஷயர் ரெஜிமெண்டை 2–1 என்று வென்றவர்களின் போட்டோவைக் கூடத்தில் மாட்டியிருக்கிறாரே, அதைத் தனக்குப் பின் யார் துடைத்து வைப்பார்கள் என்ற கவலை அந்த மௌனத்தில் இல்லாமலா இருக்கும்? உங்கள் கணவர் துடைக்கிற ஆளாக எனக்குத் தெரியவில்லை.

சரி, என்ன செய்யலாம்?

மகனை அணி மாறச் சொல்லாதீர்கள். சொன்னாலும் மாற மாட்டான். வெளியே மோகன் பகானின் பச்சை மெரூன், போர்வைக்குள் சிவப்பு மஞ்சள் என்று ஆகும், வீட்டில் ஒரு பொய் புதிதாகக் குடியேறும். ஜெர்சியை ஒளிப்பதும் வேண்டாம். ஆனால் அந்த ஐந்து விரலுக்கு என்ன அர்த்தம் என்பதை இன்றைக்கே அவனிடம் உட்கார்ந்து சொல்லுங்கள். திட்டாமல், கதையாக. பன்னிரண்டு வயதுக்குப் புரியும். அது வெறும் ஸ்கோர் என்று நினைத்துத்தான் காட்டியிருப்பான்.

அதற்குப் பிறகு, “போய் சாரி சொல்லு” என்று தள்ளிவிடாதீர்கள். பிள்ளைகள் முணுமுணுக்கும் சாரி பெரியவர்களுக்கு இன்னும் எரிச்சலைத்தான் தரும். அதற்குப் பதில் தாத்தாவிடம் போய் ஒரு கேள்வி கேட்கச் சொல்லுங்கள்: “தாது, ஷ்யாம் தாபா பைசைக்கிள் கிக் அடிச்சப்ப நீங்க பார்த்தீங்களா?”

ஏன் இந்தக் கேள்வி என்றால், 1978ல் மோகன் பகானுக்காக ஈஸ்ட் பெங்காலுக்கு எதிராக ஷ்யாம் தாபா அடித்த அந்த கோல், உங்கள் மாமனார் தலைமுறைக்குத் தேன். அதைக் கேட்டு எந்த மோகன் பகான்காரராலும் வாயை மூடிக்கொண்டு உட்கார முடியாது. பந்து எந்தப் பக்கத்திலிருந்து வந்தது, அவர் எப்படிச் சாய்ந்தார் என்று கையை வீசிக் காட்ட ஆரம்பித்துவிடுவார். இதில் ஒரு வேடிக்கை உண்டு. 1975ன் அந்த ஐந்து கோல்களில் இரண்டை அடித்தவரும் இதே ஷ்யாம் தாபாதான்! அப்போது ஈஸ்ட் பெங்காலில் இருந்தார், இரண்டு வருடம் கழித்து இந்தப் பக்கம் வந்துவிட்டார். அன்று மோகன் பகான் கோல் கம்பத்தில் நின்று நான்கு கோல்களை வாங்கிய இளைஞர் பாஸ்கர் கங்குலி, அடுத்த ஆண்டே ஈஸ்ட் பெங்காலுக்குப் போய் அங்கே பெரிய பெயர் எடுத்தார். 1978ஐக் கேட்டால் 1975 தானாக வெளியே வரும். அவர் வாயிலிருந்தே, அவர் சொல்ல நினைக்கும் விதத்தில் வரட்டும். பையன் குறுக்கே பேசாமல் கேட்டால் போதும்.

பரம்பரைச் சொத்து என்றேன் அல்லவா? அந்தச் சொத்துப் பத்திரத்தில் வில்லங்கம் நிறைய. மோகன் பகானின் ‘சீனப் பெருஞ்சுவர்’ என்று பெயர் வாங்கிய கோஷ்தோ பால் பிறந்தது கிழக்கே ஃபரித்பூர் பக்கத்தில். 1962 ஆசிய விளையாட்டில் தங்கம் வென்ற இந்திய அணியின் கேப்டன் சுனி கோஸ்வாமி, மோகன் பகானைத் தவிர வேறு கிளப்புக்கே ஆடாதவர். அவர் பிறந்த கிஷோர்கஞ்ச் இன்று பங்களாதேஷில் இருக்கிறது. கிழக்கில் பிறந்தவர்கள் இங்கே தெய்வமானது சரி என்றால், வட கொல்கத்தாக் கோட்டி வீட்டில் ஒரு ஈஸ்ட் பெங்கால் பையன் வளர்வதும் சரிதான். ஆனால் இந்த வாதத்தை நீங்கள் மாமனாரிடம் வைக்க வேண்டாம். இதெல்லாம் அவருக்கு உங்களையும் என்னையும்விட நன்றாகத் தெரியும்.

மகனுக்குக் கொஞ்சம் கண்டிப்பும் தேவை. ஜெயித்தால் குதிக்கட்டும், கத்தட்டும், தோற்றால் தாத்தாவின் கிண்டலையும் வாங்கிக்கொள்ளட்டும். சாப்பாட்டு மேஜையில் மட்டும் வெற்றிக் கொண்டாட்டம் கூடாது. கேலியில் ஒரு அளவு வேண்டும் என்பதற்கு அவனுக்குப் பிடித்த அணியின் கதையையே சொல்லலாம். 1997 பெடரேஷன் கோப்பை அரையிறுதி, சால்ட் லேக் மைதானத்தில் 1,31,000க்கும் மேல் கூட்டம். ஆட்டத்துக்கு முன் மோகன் பகான் பயிற்சியாளர் அமல் தத்தா, பாய்ச்சுங் பூட்டியாவை ‘சம்சம்’ என்று இனிப்புப் பலகாரத்தின் பெயரால் நக்கலடித்தார். பூட்டியா மூன்று கோல் போட்டார், ஈஸ்ட் பெங்கால் 4–1 என்று ஜெயித்தது. இந்தக் கதையை அவன் ரசிப்பான். ரசித்து முடித்ததும், “அப்படியானால் தாத்தாவிடம் நீ செய்தது?” என்று கேளுங்கள்.

கொஞ்சம் பெரியவனானதும் நண்பர்களோடு மைதானத்துக்குப் போகிறேன் என்று நிற்பான். அப்போது 1980 ஆகஸ்ட் 16ஐயும் சொல்லிவிடுங்கள். ஈடன் கார்டனில் டெர்பி நடக்கும்போது கேலரியில் மூண்ட கலவரத்திலும் நெரிசலிலும் பதினாறு ரசிகர்கள் செத்துப்போனார்கள். காலையில் டிக்கெட்டோடு கிளம்பியவர்கள். இன்றும் அந்த நாளில் அவர்கள் நினைவாக ரத்ததானம் நடக்கிறது. அணி எதுவானாலும் கல் எடுக்கிற கூட்டத்தோடு நிற்கக் கூடாது, எதிர் கேலரிக்குள் இந்த ஜெர்சியோடு போகக் கூடாது. இதில் விட்டுக்கொடுக்காதீர்கள்.

அதே நகரத்தின் இன்னொரு முகத்தையும் அவன் பார்த்திருப்பான். 2024 ஆகஸ்டில் பெண் பயிற்சி மருத்துவருக்கு நேர்ந்த கொடுமையால் கொல்கத்தா கொந்தளித்திருந்தபோது, பாதுகாப்பைக் காரணம் காட்டி டியூரண்ட் கோப்பை டெர்பியை ரத்து செய்தார்கள். ஆட்டம் இல்லாத அந்த ஞாயிற்றுக்கிழமை இரண்டு அணி ரசிகர்களும் சால்ட் லேக் மைதானத்துக்கு வெளியே ஒன்றாக நின்று நீதி கேட்டார்கள், நகரத்தின் இன்னொரு அணியான முகமதன் ஸ்போர்ட்டிங்கின் ரசிகர்களும் சேர்ந்துகொண்டார்கள். மாமனாரும் அதை டிவியில் பார்த்திருப்பார். அதைப் பற்றி இரண்டு பேரும் பேசலாம், அதில் கோல் கணக்கு வராது.

இனி உங்கள் கணவர். கடிதத்தில் எனக்குக் கோபம் வந்தது அவர்மேல்தான். இந்த வீட்டில் 1975 என்றால் என்ன என்று அவருக்குத் தெரியாதா? அப்பா ஏன் எழுந்து போனார் என்பது அந்த நிமிடமே அவருக்குப் புரிந்திருக்கும். புரிந்தும் போனோடு மாடி ஏறிவிட்டார். சென்னையிலிருந்து வந்த நீங்கள், உங்களுக்குச் சம்பந்தமே இல்லாத ஒரு தோல்விக்கு வருடக் கணக்கில் பஞ்சாயத்து செய்ய முடியாது. அவரைக் கீழே இறங்கி வரச் சொல்லுங்கள். அப்பாவிடம், “அவன் தெரியாமல் பண்ணிட்டான், நான்தான் சொல்லிக் கொடுத்திருக்கணும்” என்ற ஒரு வார்த்தை உங்கள் கணவர் வாயிலிருந்து வந்தால் பாதி இறுக்கம் தளர்ந்துவிடும். அடுத்த டெர்பி அன்று அவரும் கூடத்தில் உட்கார்ந்தே ஆக வேண்டும். தாத்தாவுக்கும் பேரனுக்கும் நடுவில்.

இன்னும் ஒன்று, உங்களுக்காக. கைதட்டியதற்குக் குற்ற உணர்ச்சி வேண்டாம். நந்தகுமாரின் அந்த கோல்தான் நாலரை ஆண்டுக்குப் பிறகு ஈஸ்ட் பெங்காலுக்கு டெர்பி வெற்றியைத் தந்தது, கொல்கத்தாவில் பாதிப் பேர் அன்று தட்டினார்கள். மூன்றே வாரத்தில் அதே டியூரண்ட் கோப்பையின் இறுதிப் போட்டியில் மோகன் பகான் பத்துப் பேராகக் குறைந்தும் 1–0 என்று ஜெயித்துக் கணக்கைத் தீர்த்துக்கொண்டதை மாமனார் கட்டாயம் ஞாபகம் வைத்திருப்பார். “தென்னாட்டுப் பெண்ணுக்கு ஈஸ்ட் பெங்காலில் என்ன வேலை?” என்று அவர் எப்போதாவது சிரித்துக்கொண்டே கேட்டால், பஞ்ச பாண்டவர்களைச் சொல்லுங்கள். வெங்கடேஷ், அப்பா ராவ், தன்ராஜ், அகமது கான், சாலே. 1949ல் தொடங்கி சில ஆண்டுகள் ஈஸ்ட் பெங்காலின் முன்வரிசையில் கொடிகட்டிப் பறந்த அந்த ஐந்து பேருமே தென்னாட்டுக்காரர்கள். அவர் உடனே ஐ.எம். விஜயனில் ஆரம்பித்து, மோகன் பகானுக்கு ஆடிய தென்னாட்டுக்காரர்கள் பட்டியலை எடுத்துவிடுவார். அடுப்பை அணைத்துவிட்டுப் போய் உட்காருங்கள், சீக்கிரம் முடியாது.